மைக் பிடிக்கும் முன் ஒப்பந்தத்தைப் படியுங்கள்

இலங்கை வானொலி கேட்டு வளர்ந்த கரை எங்களுடையது. பி.எச். அப்துல் ஹமீதின் 'பாட்டுக்குப் பாட்டு' தமிழ்நாட்டுத் தொலைக்காட்சிக்கு வருமுன்பே பாம்பன், மண்டபம் வீடுகளில் ஒலித்துவிட்டது. அதனாலோ என்னவோ, தொண்டி முதல் சாயல்குடி வரை மைக் கிடைத்தால் விடாத பிள்ளைகள் அதிகம். திருவிழா மேடையில் தொடங்கி, கேபிள் சேனலில் செய்தி வாசித்து, யூடியூபில் சினிமாவும் சீரியலும் அலசி, அப்புறம் சென்னையில் தொகுப்பாளர் ஆவது இப்போதைய வழி. ராமநாதபுரத்தில் வக்கீலாக இருக்கும் எனக்குக் கட்சிக்காரர்களாக வருவது, இந்த வழியில் நடுவே மாட்டிக்கொண்டவர்கள்.

ஒரு பெண். பெயரும் ஊரும் வேண்டாம். கல்லூரி நாட்களில் சொந்த ஜிமெயிலில் சேனல் தொடங்கினார். தனுஷ்கோடிக் காற்றில் நின்று பேசினாலும் ஒரு சொல் விழுங்காத குரல். ஒரு நிறுவனம் கூப்பிட்டது. ஆங்கிலத்தில் சில பக்க ஒப்பந்தம். அவர் நிதானமாகப் படித்தது சம்பள வரியை மட்டும். "வீடியோ ஏற்ற வசதியாக இருக்கும்" என்று ஜிமெயிலின் ரெக்கவரி நம்பரை, அதாவது கணக்கை மீட்கப் பயன்படும் போன் நம்பரை, மேனேஜரின் நம்பராக மாற்றிக்கொண்டார்கள். வேலையை விட்ட மறுநாள் பாஸ்வேர்டு மாறியிருந்தது. அவர் முகம் போட்ட சேனலில் இன்று வேறொருவர் பேசுகிறார்.

சட்டம் என்ன சொல்கிறது? சம்பளத்துக்கு வேலை செய்யும்போது உருவாகும் வீடியோ, வேறு மாதிரி எழுதிக்கொள்ளாத வரை, பொதுவாக முதலாளிக்குத்தான். ஆனால் சேருவதற்கு முன் நீங்களே எடுத்தவை உங்களுடையவை. 1957-ம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 19-வது பிரிவுப்படி, கையெழுத்திட்ட எழுத்து இல்லாமல் அந்த உரிமை கைமாறாது. காலம் குறிப்பிடாவிட்டால் 5 ஆண்டு, எல்லை குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும் என்றே கொள்ள வேண்டும். இது தெரிந்துதான் 'என்றென்றைக்கும், உலகம் முழுவதும்' என்று ஷரத்து போடுகிறார்கள். சிலர் 'பிரபஞ்சம் முழுவதும்' என்றே எழுதுவார்கள். சிரித்துவிட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள். அடித்துத் திருத்தச் சொல்லுங்கள். 'இதற்கு முன் எடுத்த வீடியோக்களும் சேர்த்து' என்று ஒரு வரி இருந்தால் அங்கேயே நிறுத்திவிடுங்கள்.

இன்னொரு பயம், 'விலகினால் 2 ஆண்டு வேறு எங்கும் தோன்றக் கூடாது' என்பது. வேலையில் இருக்கும்போது வேறு சேனலுக்குப் போகாதே என்பதை நீதிமன்றங்கள் பெரும்பாலும் ஏற்கும். விலகிய பிறகும் பிழைப்பைத் தடுக்கும் ஷரத்து, ஒப்பந்தச் சட்டத்தின் 27-வது பிரிவுப்படி செல்லாது. 'மீறினால் 5 லட்சம்' என்று எழுதியிருப்பதால் மட்டும் 5 லட்சத்தையும் எடுத்து வைக்க வேண்டியதில்லை. நியாயமான இழப்பீடுதான், அதுவும் அந்தத் தொகைக்குள்தான் என்கிறது 74-வது பிரிவு. வக்கீல் நோட்டீஸ் வந்ததும் அப்பாவின் படகை அடகு வைக்கக் கிளம்பிய குடும்பத்தை நானே உட்காரவைத்துப் பேசியிருக்கிறேன்.

வழக்கு எந்த ஊரில் என்ற வரி கடைசிப் பக்கத்தில் ஒளிந்திருக்கும். பெரும்பாலும் சென்னைதான். ஒவ்வொரு வாய்தாவுக்கும் ராமேஸ்வரத்திலிருந்து ரயில் ஏறிப் போகிறவருக்கு அந்த வரிதான் முதலில் கண்ணில் பட வேண்டும்.

சினிமா விமர்சகர்களுக்கும் கொஞ்சம். விமர்சனத்துக்காகப் படக்காட்சியை நியாயமான அளவில் காட்டப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-வது பிரிவு இடம் தருகிறது. '10 விநாடி வரை பிரச்சினை இல்லை' என்பதெல்லாம் சட்டத்தில் இல்லை. யூடியூபில் 90 நாளுக்குள் 3 காப்பிரைட் ஸ்டிரைக் (பதிப்புரிமை மீறல் எச்சரிக்கை) விழுந்தால் சேனலே போகலாம். 'படம் மொக்கை' என்பது கருத்து. 'தயாரிப்பாளர் பணத்தைச் சுருட்டினார்' என்பது குற்றச்சாட்டு. ஆதாரம் இல்லையென்றால் அவதூறு. இப்போதைய குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 356-வது பிரிவில் அதற்கு 2 ஆண்டு வரை சிறைத்தண்டனை உண்டு.

வக்கீலுக்குக் கொடுக்கக் காசில்லையே என்று தயங்க வேண்டாம். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு. மீனவக் குடும்பத்து ஆண் பிள்ளைகளும் வருமான வரம்புக்குள் வந்தால் கேட்கலாம். மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்கு நேரில் போகலாம், அல்லது 15100-ஐ அழைக்கலாம். வழக்கு வந்த பிறகுதான் போக வேண்டும் என்றில்லை. சட்ட ஆலோசனையும் அந்த உதவியில் அடக்கம். அதனால் ஒப்பந்தத்தைக் கையெழுத்துப் போடுமுன் கொண்டுபோங்கள். கூடவே ரெக்கவரி நம்பர் யாருடையது என்று இன்றைக்கே பாருங்கள்.