இருட்டை செஞ்சு காட்டுன ஜெர்மன் கேமராமேன்: ஜோசஃப் விர்ஷிங்

சின்ன வயசுல தியேட்டர் ஆபரேட்டர் ரூம் பக்கம் கிடக்குற ஃபிலிம் துண்ட பொறுக்கி வெயில்ல தூக்கிப் பிடிச்சுப் பார்த்தவங்களுக்கு இது ஞாபகம் இருக்கும். சில துண்டுல ஆளுங்க சரியா இருப்பாங்க, சில துண்டுல மட்டும் எல்லாரும் பனைமரம் மாதிரி நெடுநெடுன்னு, முகமெல்லாம் வெள்ளரிக்கா மாதிரி நீண்டு இருப்பாங்க. கெட்டுப்போன ஃபிலிம்னு நினைச்சுக்குவோம். அது அகலத் திரைக்கான சினிமாஸ்கோப் ஃபிலிம். அந்த ஒல்லி ஆளுங்க திரைக்குப் போனதும் எப்படி சரியாகுறாங்கன்னு தேடப்போய்தான் எனக்கு ஜோசஃப் விர்ஷிங்க தெரிஞ்சுது.

1903-ல மியூனிக்ல பிறந்தவர். 1925-ல இயக்குநர் ஃபிரான்ஸ் ஆஸ்டன் கூட புத்தர் கதைய படமெடுக்க இந்தியா வந்தார், அப்புறம் 1934-ல தயாரிப்பாளர் ஹிமான்ஷு ராய் பம்பாய் மலாட்ல பாம்பே டாக்கீஸ்ங்கிற ஸ்டுடியோவ ஆரம்பிச்சப்போ அங்க கேமராவுக்குப் பொறுப்பு இவர்தான். நல்லாப் போயிட்டு இருந்துச்சு. 1939-ல போர் வந்ததும் பிரிட்டிஷ் அரசாங்கம் இங்க இருந்த ஜெர்மன்காரங்கள பிடிச்சு முகாம்ல போட்டுச்சு, இவரும் உள்ள போனார், கேமராவ தொடாமலே அத்தனை வருஷம் ஓடிருச்சு. போர் முடிஞ்சப்போ பெர்லின்ல இவர மாதிரி ஆளுங்க இடிஞ்ச கட்டடங்களையே செட்டா வெச்சு படம் எடுத்துட்டு இருந்தாங்க. இவர் ஊருக்குத் திரும்பல, பம்பாயிலயே இருந்துட்டார்.

அப்படி இருந்ததால நமக்குக் கிடைச்சதுதான் 1949-ல வந்த இந்திப் படம் மஹல். கமால் அம்ரோஹி இயக்குன முதல் படம், ஒரு பழைய பங்களா, அசோக் குமார், ஊஞ்சல்ல ஆடிட்டுப் பாடுற மதுபாலா. படத்த மறந்தவங்களுக்குக்கூட அந்த இருட்டு மறக்காது. அந்த இருட்டு தானா வந்ததில்ல, லைட்டால செஞ்சது.

கரண்ட் போனப்போ மெழுகுவத்தி முன்னாடி கைய வெச்சு சுவத்துல மான், நாய் காட்டுவோமே, அதையே எடுத்துக்கலாம். கைய சுவத்துகிட்ட கொண்டுபோனா நிழல் கை அளவுக்கு, வெட்டி எடுத்த மாதிரி கூர்மையா விழும். மெழுகுவத்திகிட்ட கொண்டுவந்தா நிழல் பூதாகரமா ஆகும், ஆனா ஓரம் கலங்கிடும். விளக்கு ஒரு புள்ளியா இருந்திருந்தா எங்க வெச்சாலும் ஓரம் கூர்மையாத்தான் இருந்திருக்கும், ஆனா சுடருக்குன்னு ஒரு அகலம் இருக்குல்ல, அதோட ஒரு பக்கத்துல இருந்து வர்ற வெளிச்சத்த கை மறைக்கும், இன்னொரு பக்கத்துல இருந்து வர்றது தப்பிச்சுப் போய் சுவத்துல விழும், அந்த அரைகுறை இடம்தான் கலங்கலாத் தெரியுது. ஜன்னல் கம்பியோட நிழல் சுவத்துல பளிச்னு விழணும்னா சின்ன லைட்ட தூரமா வைக்கணும். நடிகை கன்னத்துல நிழல் மெத்துன்னு இறங்கணும்னா பெரிய, பரவலான வெளிச்சம் வேணும்.

அடுத்தது இதவிட முக்கியம். விளக்குல இருந்து தூரம் ரெண்டு மடங்கானா வெளிச்சம் பாதியாகும்னு தோணும், ஆனா கால்வாசியாயிடும். மூணு மடங்குன்னா ஒன்பதுல ஒரு பங்கு. வெளிச்சம் பக்கவாட்டுலயும் விரியுது, மேல கீழயும் விரியுது, ரெண்டையும் பெருக்கணும், அதான் காரணம். இப்போ முகத்துக்கு 3 அடியில ஒரு லைட், பின்னாடி சுவரு லைட்டுல இருந்து 9 அடி. முகத்துல விழுறதுல ஒன்பதுல ஒரு பங்குதான் சுவத்துக்குப் போகும், சுவத்துக்குக் கறுப்பு பெயிண்ட் அடிக்கவே வேணாம், தானா இருட்டாயிடும். அதே லைட்ட 30 அடி தள்ளி வெச்சா முகத்துக்கும் சுவத்துக்கும் பெருசா வித்தியாசமே தெரியாது. இருட்டு வேணும்னா லைட்ட கிட்ட கொண்டுவான்னு சொல்றது கேக்க விநோதமா இருக்கும், ஆனா செட்ல நடக்குறது அதுதான்.

பிளாக் அண்ட் ஒயிட்ல இன்னொரு சிக்கல், சிவப்புப் புடவையும் பச்சை சுவரும் ஒரே சாம்பலா விழுந்துடலாம், அப்போ ஆளு சுவத்தோட ஒட்டிக்கிட்ட மாதிரி இருக்கும். அதுக்குத்தான் பேக்லைட், பின்னாடி இருந்து தலைமுடி, தோள் ஓரத்துல ஒரு வெள்ளிக் கோடு போட்டு ஆள பிரிச்சு எடுக்குறது. பழைய படத்துல ஹீரோயின் தலையச் சுத்தி ஒளிவட்டம் மாதிரி தெரியும்ல, அழகுக்கு மட்டும்னு நினைக்காதீங்க, அது இல்லன்னா உருவமே தட்டையாயிடும்.

இதெல்லாம் கைக்குப் பழகின நேரத்துல, அவரோட ஐம்பதாவது வயசுக்கு மேல, ரெண்டு புது விஷயம் ஒண்ணா வந்துச்சு. ஒண்ணு கலர். 1950-கள் ஆரம்பத்துல வந்த ஈஸ்ட்மன் கலர் நெகடிவோட வேகம் வெறும் 25, இப்போ நம்ம போன்ல ஐஎஸ்ஓன்னு வருதே அந்த மாதிரி அளவு. 100 வேகம் உள்ள பிளாக் அண்ட் ஒயிட் ஃபிலிமோட ஒப்பிட்டா 4 மடங்கு வெளிச்சம் கொட்டணும். ஒரு ஃபிலிம்ல சிவப்பு, பச்சை, நீலம்னு மூணு அடுக்கு, மூணுக்கும் சரியா வெளிச்சம் போகணும். அதோட பல்பு வெளிச்சம் மஞ்சள், பகல் வெளிச்சம் நீலம், நம்ம கண்ணு சரி பண்ணிக்கும், ஃபிலிம் சரி பண்ணிக்காது.

இன்னொண்ணு சினிமாஸ்கோப். ஃபிரான்ஸ்ல ஆன்ரி கிரெட்டியன் 1920-கள்ல கண்டுபிடிச்ச லென்ஸ், டிவி வந்து தியேட்டர் கூட்டம் குறைஞ்சதும் ஹாலிவுட்டோட ஃபாக்ஸ் கம்பெனி அத வாங்கி 1953-ல இறக்குச்சு. சாதா லென்ஸோட வளைவு எல்லா திசையிலயும் ஒண்ணுதான், இதுல இருக்குற கண்ணாடி உருளைய நெடுக்க சீவி எடுத்த மாதிரி, ஒரு திசையில மட்டும் வளைவு. தண்ணி நிறைஞ்ச கண்ணாடி டம்ளர் வழியா பார்த்தா பொருளோட அகலம் மட்டும் மாறும், உயரம் அப்படியே இருக்கும், அதே சங்கதி. கேமராவுல ரெண்டு பங்கு அகலத்த ஒரு பங்கா நெருக்கி சாதா 35 எம்எம் ஃபிலிம்லயே அடைச்சுடுறாங்க, புரொஜெக்டர்ல இன்னொரு லென்ஸ் அத திரும்ப விரிச்சுடும். நம்ம ஃபிலிம் துண்டுல இருந்த ஒல்லி ஆளுங்க இந்த நடுவழியில மாட்டுனவங்கதான்.

ஆனா ஆரம்பகால ஸ்கோப் லென்ஸ் கிட்ட இருக்குற முகத்த முழுசா ரெண்டு மடங்கு நெருக்காது, கொஞ்சம் கம்மியாத்தான் நெருக்கும். புரொஜெக்டருக்கு அது தெரியாது, எப்பவும் போல ரெண்டு மடங்கு விரிக்கும். குளோசப்ல ஹீரோயின் முகம் உப்பிடும். பொன்னுக்கு வீங்கி வந்த மாதிரி இருக்குன்னு ஹாலிவுட்லயே அதுக்குப் பேரு வெச்சுட்டாங்க. ஃபோகஸும் கஷ்டம், சாதா 50 எம்எம் காட்டுற அகலத்துக்கு ஸ்கோப்ல 100 எம்எம் லென்ஸ் வேணும், லென்ஸ் நீளமானா தெளிவாத் தெரியுற ஆழம் குறையும். ஆழம் வேணும்னா லென்ஸ் துவாரத்த சுருக்கணும், சுருக்குனா வெளிச்சம் பத்தாது, ஃபிலிமோ ஏற்கனவே மெதுவானது. திரும்ப லைட், திரும்ப சூடு, மேக்கப் போட்ட முகத்துல வேர்வை.

அம்ரோஹியோட பாக்கீஸா இந்த ரெண்டையும் சேர்த்துக் கேட்ட படம். பிளாக் அண்ட் ஒயிட்ல ஆரம்பிச்சு கலருக்கு மாறி, அப்புறம் ஸ்கோப்புக்கு மாறுச்சு, நடுவுல வருஷக்கணக்கா நின்னும் போச்சு. ஒவ்வொரு தடவையும் கேமராவுல அதே விர்ஷிங், லைட்ட முதல்ல இருந்து யோசிக்கணும். மஹல்ல இருட்டே சுவர மறைச்சுடும், அகலத் திரையில தூணு, விளக்கு, திரைச்சீலைன்னு ஒவ்வொண்ணுக்கும் தனியா வெளிச்சம் வேணும், ஆனா ஹீரோயின் மீனா குமாரி முகம்தான் முதல்ல கண்ணுல படணும். என் பார்வையில மஹல விட இதுதான் கஷ்டமான வேலை, ஏன்னா இங்க ஒளிச்சு வைக்க இருட்டே இல்ல.

1967 ஜூன்ல பம்பாயிலயே விர்ஷிங் இறந்துட்டார். மிச்சத்த வேற ஒளிப்பதிவாளர்கள் எடுத்து முடிச்சாங்க. 1972 பிப்ரவரியில படம் வந்தப்போ ஒளிப்பதிவுக்கு டைட்டில்ல இருந்தது அவர் பேரு.