'வீரசாகசம்' என்னும் தொல்லை: மூழெஸ்த்வோவுக்குத் தமிழ் என்ன?

ஒவ்வொரு ஆண்டும் மே 9 வந்தால் இது நடக்கிறது. இரண்டாம் உலகப்போரில் ஜெர்மனியை வென்றதற்காக ரஷ்யர்கள் கொண்டாடும் வெற்றி நாளை ஒட்டி, அவர்களுடைய போர்க்காலக் கதைகளைப் பற்றி நம்மாட்கள் எழுதத் தொடங்குவார்கள். எழுதட்டும், நல்லதுதான். ஆனால் மூன்றாவது வரிக்குள் 'வீரசாகசம்' வந்து உட்கார்ந்துவிடும். பீரங்கி முன்னால் நின்றவனும் வீரசாகசம் செய்தான், காயம்பட்டவனை முதுகில் சுமந்து வந்த செவிலியும் வீரசாகசம் செய்தாள், முற்றுகைக்குள் பட்டினி கிடந்த கிழவியும் வீரசாகசம் செய்தாள். பட்டினி கிடப்பதில் என்னய்யா சாகசம்?

ரஷ்ய மூலத்தில் அந்த இடத்தில் பெரும்பாலும் இருக்கும் சொல் 'மூழெஸ்த்வோ'. தோராயமாகச் சொன்னால் துணிவு. (இந்த ழகரம் நம் ழகரம் இல்லை, ஷகரத்தைக் கொஞ்சம் அதிரச் சொன்னால் வரும் ஒலி; வேறு எழுத்து கிடைக்காததால் போட்டிருக்கிறேன்.) 'மூஷ்' என்றால் ஆண், இன்றைய பேச்சில் கணவன். 'ஸ்த்வோ' என்பது நம் 'மை' மாதிரி ஒரு விகுதி. கிரேக்க மொழியிலிருந்த சமய நூல்களைப் பழைய ஸ்லாவிய மொழிக்குக் கொண்டுவந்த காலத்தில், அங்கிருந்த 'அந்த்ரேயா' என்ற சொல்லுக்கு நேராக இது நின்றது. அந்தக் கிரேக்கச் சொல்லும் ஆண் என்ற அடியிலிருந்து வந்ததுதான், லத்தீன் 'விர்த்தூஸ்' என்பதும் அப்படித்தான். சொற்பிறப்பு இவ்வளவுதான்.

உடனே ஒரு கூட்டம் கிளம்பும்: "பார்த்தீர்களா, ஆண் கூட்டல் மை, அப்படியே நம் 'ஆண்மை', இதைவிட வேறென்ன வேண்டும்?" சொல்லைப் பிரித்துப் பார்த்தால் பொருந்துகிறது, சேர்த்துப் படித்தால் நாறுகிறது. பேருந்து நிலையச் சுவர்களில் லாட்ஜ் வைத்தியர்கள் ஒட்டும் நோட்டீஸைப் படிக்காத தமிழன் உண்டா? அந்தச் சொல்லை அவர்கள் எடுத்துக்கொண்டு போய் நாளாகிவிட்டது, இனி திரும்பி வராது. அதைவிடப் பெரிய சிக்கல், ரஷ்யர் காதில் மூழெஸ்த்வோவுக்குள் இருக்கும் 'ஆண்' செத்துப்போய்விட்டான் என்பது. ஒரு பெண்ணைப் பற்றி இந்தச் சொல்லைச் சொன்னால் யாருக்கும் உறுத்தாது. போர்க்காலத்தில் இந்தத் தலைப்பில் வந்த மிகப் பெயர்பெற்ற கவிதையை எழுதியது அன்னா அக்மாத்தவா என்ற பெண். 1942 பிப்ரவரியில் எழுதினார், மார்ச் 8 அன்று, அதாவது மகளிர் நாளில், 'பிராவ்தா' நாளேட்டில் வந்தது. அதில் அவர் காப்பாற்றுவதாகச் சத்தியம் செய்வது ரஷ்ய மொழியை. பேரன் பேத்திகளுக்கு அதைக் கொடுத்துவிட்டுப் போவோம் என்பதுதான் பேச்சு. அதற்கு 'ஆண்மை' என்று தலைப்புப் போட்டுப் பாருங்கள், எங்கே போய் முட்டிக்கொள்வது.

'வீரம்' போட்டால் ஆண் வாடை போய்விடும் என்று நினைப்பவர்களுக்கும் ஒரு செய்தி. வடமொழி 'வீர' என்பதற்கும் ஆண் என்பதுதான் மூலப்பொருள். லத்தீன் 'விர்' அதன் உறவு. தப்பித்து ஓடினாலும் அதே வீட்டுத் திண்ணைக்குத்தான் வந்து சேர்வீர்கள். ஆகவே வேர்ச்சொல்லைக் கட்டிக்கொண்டு அழுவதை விட்டுவிட்டு, சொல் என்ன வேலை செய்கிறது என்று பார்ப்பதே உருப்படியான வழி.

சரி, சாகசத்துக்கு வருகிறேன். வடமொழியில் 'ஸாஹஸ' என்றால் முன்பின் யோசிக்காத முரட்டுச் செயல். பழைய தரும நூல்களில் அது வன்முறைக் குற்றத்துக்கே பெயர். இந்தியில் அது துணிவு என்ற நல்ல பொருளுக்கு உயர்ந்துவிட்டது. தமிழில் அப்படி ஆகவில்லை. தமிழில் சாகசம் என்றால் பைக்கில் ஒற்றைச் சக்கரத்தில் போவது, மெரினாவுக்கு மேலே விமானம் தலைகீழாகப் பறப்பது, சர்க்கஸில் நெருப்பு வளையத்துக்குள் பாய்வது. பார்க்க ஆள் இருக்க வேண்டும், முடிந்ததும் கைதட்ட வேண்டும். கொஞ்சம் பின்னே போனால் 'சாகசக்காரி' என்று ஒரு வசவு உண்டு, பசப்புகிறவள், நடிக்கிறவள் என்று பொருள். இத்தனை வாசனையோடு இருக்கிற ஒரு சொல்லின் தலையில் 'வீர' என்று ஒரு கொம்பை ஒட்டிவிட்டால் அது புனிதமாகிவிடுமா? இரண்டு சொல்லைச் சேர்த்தால் கனம் கூடும் என்பது நம் மேடைப் பேச்சு கற்றுக்கொடுத்த கெட்ட பழக்கம். வீரதீரம், வீரசாகசம், தியாக உணர்வு, இலட்சிய வேட்கை என்று எல்லாமே இரட்டை மாட்டு வண்டியில்தான் வரும்.

நம் ஊரில் பலரும் படித்த ஒரு கதையை வைத்தே சோதிக்கலாம். பரீஸ் வஸீலியெவ் 1969-இல் எழுதியது, தமிழில் 'அதிகாலையின் அமைதியில்'. 1942 மே மாதம், கரேலியாக் காடு. வஸ்கோவ் என்ற படைத்தலைவன், விமான எதிர்ப்புப் பீரங்கிப் பிரிவைச் சேர்ந்த ஐந்து பெண்கள், எதிரே பதினாறு ஜெர்மானியர். ஜெர்மானியர்கள் ஆற்றைக் கடக்காமல் சுற்றிப் போகவைக்க வேண்டும், அதற்காக இங்கே மரம் வெட்டும் கூலிக்கூட்டம் இருப்பதுபோலப் பெண்கள் பாசாங்கு செய்கிறார்கள். அது போதாது என்ற நிலை வந்ததும் அவர்களில் ஒருத்தியான ழேன்யா உடைகளைக் களைந்துவிட்டுச் சில்லிட்ட ஆற்றில் இறங்கிக் குளிக்கிறாள். கூவுகிறாள், தண்ணீரை அடித்து விளையாடுகிறாள். அக்கரையில் துப்பாக்கிகள். வஸ்கோவும் சட்டையைக் கழற்றிவிட்டு, ஒன்றும் நடக்காததுபோல நடந்து அவள் பக்கத்தில் போய் உட்காருகிறான். அருகே போனபின்தான் அவனுக்குத் தெரிகிறது: உதட்டில் சிரிப்பு இருக்கிறது, அகலத் திறந்த கண்களில் திகில் கண்ணீர்போல நிரம்பி நிற்கிறது.

அக்கரையிலிருந்து ஜெர்மானியன் பார்த்தானே, அவனுக்குத் தெரிந்ததுதான் சாகசம். வஸ்கோவ் பார்த்தது மூழெஸ்த்வோ. நம் மொழிபெயர்ப்பாளர்கள் அக்கரையில் நின்றுகொண்டு எழுதுகிறார்கள்.

அதே கதையில் காலியா என்ற பெண் முதல் மோதலிலேயே துப்பாக்கியை விட்டுவிட்டுத் தலையைப் புதைத்துக்கொள்கிறாள். இதைக் கூட்டம் போட்டு விசாரிக்க வேண்டும் என்கிறார்கள் தோழிகள். வஸ்கோவ் அதிகம் படிக்காதவன், ஆனால் அகராதிக்காரர்களுக்குப் பாடம் எடுக்கிறான்: கோழைத்தனம் இரண்டாவது சண்டையில்தான் தெரியும், இது வெறும் குழப்பம், அனுபவம் இல்லாததால் வந்தது. அப்புறம் இரண்டாவது தடவையும் அவள் தாங்கவில்லை. புதரிலிருந்து அலறிக்கொண்டு ஓடி, சுடப்பட்டுச் சாகிறாள். திரும்பி வந்து மற்றவர்களிடம் வஸ்கோவ் என்ன சொல்கிறான்? துப்பாக்கிச் சண்டையில் வீரமரணம் அடைந்தாள் என்கிறான். ராணுவ அறிக்கைகளில் தேய்ந்துபோன சொற்றொடர் அது. அதை எடுத்து, செத்துப்போன ஒரு சிறுபெண்ணின் மானத்தை மூடப் போர்வையாகப் போர்த்துகிறான். அந்த வாக்கியத்தில் 'வீரமரணம்' என்றுதான் போட வேண்டும், தேய்ந்த சொல்லாகவே இருக்க வேண்டும், அப்போதுதான் அந்தப் பொய்யின் கனிவு தெரியும். புத்தகம் முழுக்க வீரம், வீரமரணம், வீரசாகசம் என்று வாரியிறைத்திருந்தால் இந்த ஓரிடம் வாசகன் கண்ணில் எப்படிப் படும்?

ரஷ்யனுக்குத் துணிவைச் சொல்ல ஒரு சொல் மட்டும் இல்லை. 'ஸ்மேலஸ்த்' உண்டு, துணி என்ற வினையிலிருந்து வந்தது, நம் துணிச்சல் அதற்கு அச்சாகப் பொருந்தும். 'ஹ்ராப்ரஸ்த்' என்பது களத்தில் எதிரி முன்னால் காட்டுவது, அதற்கு வீரத்தையே தாராளமாக வைத்துக்கொள்ளலாம். 'அத்வாகா' போலந்து வழியாக வந்தது, அடியில் தராசு என்ற ஜெர்மன் சொல் கிடக்கிறது. ஆபத்தை எடைபோட்டுவிட்டு 'வந்தது வரட்டும்' என்று இறங்குவது. 1938-இல் ஏற்படுத்திய படைவீரர் பதக்கம் இந்தப் பெயரில்தான். மூழெஸ்த்வோ இவற்றில் சேராது. ஒரு நொடியில் பாய்ந்து முடிந்துவிடுவது அல்ல அது. நாள்கணக்கில், மாதக்கணக்கில், நொறுங்காமல் இருப்பது.

ரஷ்ய எழுத்தாளர் ஷோலகவின் 'மனிதனின் விதி' என்ற கதை 1956 டிசம்பர் 31-லும் அடுத்த நாளும் 'பிராவ்தா'வில் வெளியானது. அதில் ஜெர்மானியரிடம் சிறைப்பட்டு மீண்ட சிப்பாய் அந்திரேய் சொக்கலோவ் சொல்வான், நீ ஆண், நீ சிப்பாய், எல்லாவற்றையும் பொறுத்துக்கொள்ளத்தான், எல்லாவற்றையும் தாங்கிக்கொள்ளத்தான் அப்படி இருக்கிறாய் என்று. வினைகளைக் கவனியுங்கள்: பொறு, தாங்கு. பாய், வெட்டு, சாய் இல்லை. சொன்ன சூட்டோடு, பின்னால் விட்டுவந்த பெண்களும் குழந்தைகளும் எங்களைவிட ஒன்றும் சுகப்படவில்லை என்றும் சேர்த்துச் சொல்கிறான். சிறைமுகாம் தளபதி முன்னால், பசியில் குடல் ஒட்டிய நிலையில், ஊற்றிக் கொடுத்த ஷ்னாப்ஸ் என்ற ஜெர்மன் சாராயத்தைக் குடித்துவிட்டு முதல் கோப்பைக்குத் தொட்டுக்கொள்ள ஒன்றும் வேண்டாம் என்கிறான் பாருங்கள், அதை வேண்டுமானால் சாகசம் என்று விளம்பரப்படுத்தலாம். ஆனால் கதை அங்கே நிற்கவில்லை. கொடுத்தனுப்பிய ரொட்டியையும் பன்றிக்கொழுப்பையும் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்து கொட்டடியில் வைக்கிறான், நூலால் அறுத்து ஆளுக்குத் தீப்பெட்டி அளவு ரொட்டி, கொழுப்பு உதட்டில் தடவத்தான் காணும். போர் முடிந்து, மனைவி மக்கள் எல்லோரையும் இழந்தபின், தெருவில் கிடந்த ஓர் அநாதைச் சிறுவனிடம் "நான்தான் உன் அப்பா" என்று பொய் சொல்லித் தன்னோடு வைத்துக்கொள்கிறான். இதுவும் பொய்தான், வஸ்கோவ் சொன்னது மாதிரியே.

இதற்கெல்லாம் என் கணக்கில் தமிழ்ச் சொல் 'நெஞ்சுரம்'. உரம் என்றால் வலிமை, ஆனால் கைவலிமை அல்ல. ஒருவனுக்கு உள்ளத்தின் ஊக்கமே உரம், அது இல்லாதவன் மனித உருவில் நிற்கும் மரம் என்பது குறள். ஆண் பெண் பேதம் இதில் கிடையாது, கைதட்டல் தேவையில்லை, யாரும் பார்க்காத இடத்திலும் இருக்கும். தேர்தல் சுவரொட்டிகளில் 'நெஞ்சுரம் மிக்க தலைவரே' என்று எழுதிக் கொஞ்சம் அழுக்காக்கியிருக்கிறார்கள், ஒப்புக்கொள்கிறேன். லாட்ஜ் வைத்தியர் அழுக்கோடு ஒப்பிட்டால் இது ஒரு துவைப்பில் போய்விடும். இன்னொரு வசதி, நெஞ்சு என்ற சொல் தமிழில் ஒரே வேலையைச் செய்வதில்லை. நெஞ்சை நிமிர்த்தவும் செய்கிறோம், நெஞ்சில் ஈரம் இருக்கிறதா என்றும் கேட்கிறோம். உரமும் ஈரமும் ஒரே இடத்தில்.

'தைரியம்' என்ன பாவம் செய்தது என்று கேட்பீர்கள். பாவம் ஒன்றும் செய்யவில்லை. வடமொழியில் அதன் பொருள் கலங்காமை, மூழெஸ்த்வோவுக்கு மிகப் பக்கத்தில் இருக்கிறது. ஆனால் தமிழில் அது இருட்டில் தனியாகப் போவதற்கும் மேலதிகாரியிடம் விடுப்புக் கேட்பதற்கும் என்று சில்லறையாக மாறிவிட்டது. உரையாடலில் வந்தால் விட்டுவிடுங்கள், வஸ்கோவ் மாதிரி ஆள் "தைரியமா இரு" என்றுதான் சொல்வான், "நெஞ்சுரம் கொள்" என்று சொன்னால் நாடகக் கொட்டகை ஆகிவிடும். கதைசொல்லியின் குரலில் வரும்போதுதான் நான் சொல்வது.

மறுதரப்பில் மதிக்கத்தக்க ஒரே வாதம் 'பேராண்மை'. எஸ். பி. ஜனநாதன் 2009-இல் இந்த அதிகாலைக் கதையைத் தழுவித்தான் படம் எடுத்தார், குறளில் வரும் அந்தச் சொல்லையே பெயராக வைத்தார். நல்ல தேர்வுதான். "பேராண்மை என்ப தறுகண்ஒன் றுற்றக்கால் ஊராண்மை மற்றதன் எஃகு." பகைவன்மேல் அஞ்சாமல் போவது பேராண்மை, அவனுக்கு ஒரு தாழ்வு வந்தால் இரங்கி உதவுவதுதான் அதன் கூர்மை. பரிமேலழகர் ஊராண்மைக்கு உபகாரியாம் தன்மை என்று பொருள் சொல்லி, படையிழந்து தனியே நின்ற இலங்கை வேந்தனை இன்று போய் நாளை வா என்று விட்டதைக் காட்டுகிறார். வீரத்துக்குக் கூர் தீட்டுவதே இரக்கம் என்று ஒன்றேமுக்கால் அடியில் சொல்லிவிட்டுப் போன மொழி, இன்றைக்கு அந்த இரண்டையும் தனித்தனி டப்பாவில் அடைத்து வைத்திருக்கிறது. ஆனால் பேராண்மையை இன்று எழுதினால் படத்தின் சுவரொட்டிதான் கண்முன் வரும், ஊராண்மையை எழுதினால் பஞ்சாயத்துத் தேர்தலா என்பார்கள். பாதிக் குறளை மட்டும் கொண்டுவந்து என்ன செய்வது?

டப்பா என்றேனே, அதன் மறுபாதியிலும் இதே குளறுபடி. இரக்கத்தைக் குறிக்கும் 'ழாலஸ்த்' என்ற ரஷ்யச் சொல் வந்தால் 'பரிதாபம்' என்று எழுதிவிடுகிறார்கள். பரிதாபம் மேலிருந்து கீழே பார்ப்பது. ரஷ்யக் கிராமத்துப் பேச்சில் 'அவன் அவளை ழலேயெத்' என்றால் அவள்மேல் பிரியமாக இருக்கிறான் என்றே பொருள், இரக்கமும் காதலும் பிரியாத ஒரு வினை. 'பரிவு' என்று ஒரு பழஞ்சொல் நமக்கு இருக்கிறது, அதில் அன்பும் வருத்தமும் சேர்ந்தே கிடக்கின்றன. அதை எடுக்கக் கை வராமல் பரிதாபம், அனுதாபம், இரக்க உணர்வு, மென்மையான உணர்வு என்று 'உணர்வு' மூட்டைகளாக அடுக்குகிறார்கள்.

1994 முதல் ரஷ்ய அரசு தரும் ஒரு விருதின் பெயர் 'ஓர்தென் மூழெஸ்த்வா'. படைவீரர்களுக்கு மட்டுமல்ல, தீயிலிருந்தும் வெள்ளத்திலிருந்தும் ஆட்களைக் காப்பாற்றியவர்களுக்கும் தருகிறார்கள். எந்திர மொழிபெயர்ப்பிடம் கேட்டால் 'தைரியத்தின் ஆணை' என்று தரும், அதை அப்படியே செய்தியில் ஓட்டுகிறவர்களும் உண்டு. 'ஓர்தென்' என்பது ஆங்கில 'ஆர்டர்' மாதிரி உயர்ந்த விருதுக்குப் பெயர், யாரும் யாருக்கும் ஆணையிடவில்லை ஐயா. நெஞ்சுர விருது என்று எழுதுங்கள்.