புதினாப் பானம் நல்லதுதான், அண்டாவையும் ஐஸையும் பாருங்கள்

சித்திரை வெயில் ஏறியதும் செட்டிநாட்டில் பூட்டிக் கிடந்த வீடுகள் ஒவ்வொன்றாகத் திறக்கும். கல்யாணம், அறுபதாம் ஆண்டுச் சாந்தி, முன்னோருக்குப் படைப்பு, கோயில் திருவிழா என்று சென்னையிலிருந்தும் சிங்கப்பூரிலிருந்தும் பிள்ளைகள் வந்து இறங்குவார்கள். வந்தவர்களுக்கு முன்பு பானகமும் நீர்மோரும் கொடுத்தோம். இப்போது பல வீடுகளில் தர்பூசணியோ அன்னாசியோ எலுமிச்சையோடு கலந்து, புதினா மிதக்க, ஐஸ் போட்டுக் கொடுக்கிறார்கள். மண்டப மெனுவில் அதற்கு 'மொஹிட்டோ' என்று பெயர்.

நான் காரைக்குடியில் பொது மருத்துவம் பார்ப்பவள். இந்தப் பானத்தின் மேல் எனக்குக் கோபம் ஒன்றும் இல்லை. நிறமூட்டிய பாட்டில் குளிர்பானத்தைவிட இது பல மடங்கு மேல். ஆனால் விசேஷம் முடிந்த மறுநாள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு என்னிடம் வருகிறவர்களை விசாரித்தால், பழத்தின் மேலும் புதினாவின் மேலும் குற்றம் இருப்பதில்லை. கழுவாத இலை, எங்கிருந்தோ வந்த ஐஸ், ஊற்றி வைத்த பாத்திரம், அள்ளிப் போட்ட சீனி, வெளியே வைத்திருந்த நேரம் என்று காரணம் இந்த ஐந்துக்குள் அடங்கிவிடுகிறது. ஐந்தும் வீட்டில் இருப்பவர்களின் கையில் இருப்பவை.

புதினாவிலிருந்து தொடங்குகிறேன். சந்தையில் வாங்கிய கட்டை அப்படியே குழாயில் காட்டி உதறினால் அது கழுவியதாகாது. புதினா தரையோடு படர்கிற செடி. பாய்ச்சிய தண்ணீர், போட்ட எரு, மண் எல்லாம் இலையின் அடிப்பக்கத்தில் ஒட்டியிருக்கும். வேரையும் அடித்தண்டையும் வெட்டி எறிந்துவிட்டு, இலையை ஆய்ந்து, அகலமான பாத்திரத்தில் நிறையத் தண்ணீர் விட்டு ஐந்து நிமிடம் ஊற விடுங்கள். தண்ணீரைச் சாய்த்து ஊற்றாமல், இலையைக் கையால் மேலே அள்ளி எடுங்கள். சாய்த்தால் அடியில் தங்கிய மண் மறுபடியும் இலையிலேயே வந்து உட்காரும். பாத்திரத்தின் அடியில் விரலால் தடவிப் பார்த்து மணல் நெருடாமல் போகும் வரை இதைத் திரும்பச் செய்யுங்கள். கடைசி அலசலுக்குக் காய்ச்சி ஆறிய தண்ணீர். பிறகு சுத்தமான துணியில் பரப்பி ஈரம் போகவிடுங்கள்.

கர்ப்பிணிகளுக்கும் வயதானவர்களுக்கும் புற்றுநோய்ச் சிகிச்சையில் இருப்பவர்களுக்கும் பச்சை இலையே வேண்டாம் என்பது என் கருத்து. புதினாவைத் தண்ணீரில் போட்டு ஒரு கொதி வரவிட்டு, மூடி வைத்து ஆறியபின் வடிகட்டி, பானத்தில் தண்ணீர் சேர்க்க வேண்டிய இடத்தில் அதை ஊற்றுங்கள். மணம் அவ்வளவாகக் குறையாது.

இலையை மிக்சியில் போட்டு அரைக்காதீர்கள். புதினாவின் மணம் இலையின் மேற்பரப்பில் உள்ள நுண்ணிய எண்ணெய்ச் சுரப்பிகளில் இருக்கிறது. உள்ளங்கையில் வைத்து ஒரு தட்டுத் தட்டினாலே அது வெளியே வந்துவிடும். நைய அரைத்தால் இலைச்சாறு இறங்கிக் கசக்கும், கொஞ்ச நேரத்தில் கறுத்தும் போகும். அந்தக் கசப்பை மறைக்கத்தான் பலர் இன்னும் இரண்டு கரண்டி சீனி போடுகிறார்கள்.

நான்கு டம்ளருக்கு நான் சொல்லும் அளவு இது: விதை எடுத்த தர்பூசணித் துண்டு 600 கிராம், ஒரு எலுமிச்சம்பழம், பதினைந்து புதினா இலை, தோல் சீவித் தட்டிய இஞ்சி சிறு துண்டு, உப்பு இரண்டு சிட்டிகை, காய்ச்சி ஆறிய தண்ணீர் ஒரு டம்ளர். பழத்தை மத்தால் மசித்துக்கொள்ளுங்கள், வடிகட்ட வேண்டாம். எலுமிச்சையைக் கடைசியில் பிழியுங்கள், விதை விழக் கூடாது. புதினாவைத் தட்டிப் போட்டு இரண்டு நிமிடம் மூடி வையுங்கள். சீனி தேவையில்லை. தர்பூசணியில் நூறு கிராமுக்கு ஆறு கிராம் போலச் சர்க்கரை இருக்கிறது, உப்பு பட்டதும் அந்த இனிப்பு எடுப்பாகத் தெரியும். முலாம்பழத்திலும் இதே முறைதான். அன்னாசி என்றால் இஞ்சியை விட்டுவிடுங்கள், ஒத்துப்போகாது.

பழத்தை வெட்டுவதற்கு முன் தோலையும் தேய்த்துக் கழுவ வேண்டும் என்றால் பலர் சிரிக்கிறார்கள். தோலை யாரும் தின்பதில்லை, உண்மை. ஆனால் கத்தி தோலைக் கடந்துதான் சதைக்குள் போகிறது, தோலில் இருப்பதையும் உள்ளே கொண்டுபோகிறது. தர்பூசணியிலும் முலாம்பழத்திலும் புளிப்பு மிகக் குறைவு என்பதால் கிருமி வேகமாகப் பெருகும். வெட்டிய பழத்தை வெளியே இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைக்கக் கூடாது. 32 டிகிரியைத் தாண்டிய வெயிலில் ஒரு மணி நேரம்தான். நம் ஊரில் மே மாதப் பகலில் 32 டிகிரிக்குக் கீழே இருப்பது எத்தனை நாள்? காலையில் கலக்கிப் பட்டாசாலையில் வைத்த பானத்தை மாலை வருகிறவர்களுக்கும் ஊற்றிக் கொடுப்பதை நிறுத்துங்கள். கொஞ்சம் கொஞ்சமாகக் கலக்குங்கள்.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். 2025 கோடையில் தர்பூசணியில் சாயம் ஊசி போடுகிறார்கள் என்ற பேச்சு பரவி, விற்க முடியாமல் விவசாயிகள் தவித்துப் போனார்கள். முழுப்பழத்தில் ஊசி போட்டால் சாயம் சீராகப் பரவாது, ஓட்டை விழுந்த பழம் சீக்கிரமே கெட்டுவிடும். முழுப்பழமாக வாங்கி வீட்டில் வெட்டுங்கள், அந்தப் பயம் வேண்டாம்.

அடுத்து ஐஸ். உறைய வைத்தால் கிருமி செத்துவிடும் என்ற நம்பிக்கை படித்தவர்களிடமும் இருக்கிறது. சாகாது. உருகியதும் அதே கிருமி டம்ளருக்குள் விழித்துக்கொள்ளும். டைபாய்டு, மஞ்சள் காமாலையில் ஏ வகையும் ஈ வகையும், வயிற்றுப்போக்கு எல்லாம் தண்ணீர் வழியாக வருபவை, ஐஸும் தண்ணீர்தான். கல்யாண வீடுகளில் சாக்கு சுற்றி வருகிற ஐஸ் பார் பெரும்பாலும் மீனையும் சரக்கையும் குளிர வைக்கத் தயாராவது. சாப்பிடத் தகாத ஐஸில் நீலநிறம் கலக்க வேண்டும் என்று உணவுப் பாதுகாப்பு ஆணையம் விதி வைத்திருக்கிறது. நிறம் இல்லாமல் வெள்ளையாக இருக்கிறது என்பதற்காக அது சாப்பிடத் தகுந்தது என்று நம்பிவிடாதீர்கள். பார் ஐஸை வெளித்தொட்டியில் போட்டு, பானத்தை மூடிய பாத்திரத்தில் ஊற்றி அதன் நடுவில் வையுங்கள். குளிர்ச்சி வரும், ஐஸ் உள்ளே போகாது. டம்ளருக்குள் போட வேண்டிய கட்டியை முந்தின நாளே காய்ச்சி ஆறிய தண்ணீரில் வீட்டு ஃப்ரிட்ஜில் உறைய வைத்துக்கொள்ளலாம். காரைக்குடிக்காரர்களுக்குச் சம்பை ஊற்றுத் தண்ணீரின் ருசியில் பெருமை உண்டு, எனக்கும்தான். ருசியான தண்ணீரும் குழாயிலும் மாடித் தொட்டியிலும் கெடும். காய்ச்சுங்கள்.

பாத்திரம்தான் இந்தப் பக்கத்துக்கே உரிய ஆபத்து. நம் வீடுகளில் பரணிலும் இரண்டாம் கட்டு அறைகளிலும் பித்தளை அண்டாவும் செம்புக் கொப்பரையும் அடுக்கி வைத்திருக்கிறோம். விசேஷத்துக்கு எடுத்துப் புளி போட்டுப் பளபளவென்று தேய்த்து, முகப்பில் வைத்து, அதிலேயே எலுமிச்சைப் பானத்தைக் கலக்குகிறோம். பார்க்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் எலுமிச்சைச் சாறு கடுமையான புளிப்பு. பித்தளை என்பது செம்பும் துத்தநாகமும் கலந்தது. புளிப்பு பட்டதும் செம்பு கரைந்து பானத்தில் இறங்கும். நாக்கில் உலோக ருசி, குமட்டல், வாந்தி, வயிற்று வலி என்று சிலருக்குக் குடித்த அரைமணி நேரத்துக்குள் தொடங்கிவிடும். ஒரு விசேஷ வீட்டிலிருந்து இப்படிப் பலர் சேர்ந்தாற்போல் என்னிடம் வந்தார்கள். சாப்பாட்டில் கோளாறு என்றுதான் எல்லோரும் சமையல்காரரைத் திட்டிக்கொண்டிருந்தார்கள். விசாரித்தால், வாந்தி எடுத்த ஒருவரும் அதுவரை பந்தியிலேயே உட்காரவில்லை. பானம் மட்டும் குடித்திருந்தார்கள். அண்டாவை எட்டிப் பார்த்தபோது உள்பூச்சு முழுக்கத் தேய்ந்து, கரண்டி உரசிய இடமெல்லாம் மஞ்சளாகத் தெரிந்தது.

வெள்ளீயப் பூச்சு முழுமையாக இருந்தால்தான் பித்தளை புளிப்புக்கு ஆகும். உள்ளே ஓரிடத்தில் மஞ்சளோ சிவப்போ தெரிந்தாலும் புளிப்பு எதையும் ஊற்றாதீர்கள், பானகத்துக்கும் இதுதான். அலுமினிய அண்டாவும் வேண்டாம். எவர்சில்வர், கண்ணாடி, மண்பானை போதும். பித்தளை அண்டா முகப்பில் நிற்கட்டும், உள்ளே ஒரு எவர்சில்வர் தூக்கை இறக்கிவிடலாம். மங்குச் சாமான்கள் என்கிற பழைய பூச்சுப் பாத்திரங்களும் அப்படித்தான். வெளிநாட்டிலிருந்து கப்பலில் வந்த அந்தத் தட்டுகளிலும் ஜாடிகளிலும் பூச்சு பெயர்ந்திருந்தால், அந்தக் காலத்து நிறங்களில் காரீயம் இருக்கக்கூடும். அலமாரியில் வைத்து ரசியுங்கள், எலுமிச்சைச் சாறு ஊற்றாதீர்கள்.

"ஒரு சிட்டிகை சீனி போடல டாக்டர், சாத்துக்குடிச் சாறுதான் ரெண்டு டம்ளர் குடிச்சேன்" என்று ஓர் ஆச்சி சொன்னார். சர்க்கரை அளவு எகிறிப்போயிருந்தது. சாத்துக்குடிச் சாறு ஒரு டம்ளரில் ஏறக்குறைய நான்கு தேக்கரண்டிச் சர்க்கரை இயற்கையாகவே இருக்கிறது. பழத்தைச் சுளையாகச் சாப்பிட்டால் ஒன்றோடு நிறுத்துவோம், பிழிந்தால் மூன்று நான்கு பழம் ஒரே மடக்கில் இறங்கும். உலக சுகாதார நிறுவனம் 2015-இல் வெளியிட்ட வழிகாட்டுதலில், சேர்க்கும் சர்க்கரை, தேன், பழச்சாற்றுச் சர்க்கரை எல்லாவற்றையும் ஒரே கணக்கில் வைத்து, ஒரு நாளைக்கு 25 கிராமுக்குள் இருப்பது நல்லது என்கிறது. கடையில் விற்கும் பச்சைநிறப் புதினா சிரப்பின் லேபிளைப் படித்துப் பாருங்கள், முதலில் இருப்பது பெரும்பாலும் சர்க்கரை. பனங்கருப்பட்டி போட்டாலும் நீரிழிவுக்குச் சலுகை கிடையாது. சர்க்கரை நோயாளிகளுக்குச் சீனி இல்லாத எலுமிச்சைப் புதினாத் தண்ணீர் போதும், பழத்தைத் தனியாக ஒரு துண்டு கடித்துச் சாப்பிடலாம். ஒரு வயதுக்கு உட்பட்ட குழந்தைக்குத் தேன் கலந்த எதுவும் கூடாது.

சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்குப் பழச்சாற்றிலும் இளநீரிலும் உள்ள பொட்டாசியம் ஆபத்தாகலாம். இதயத் தளர்ச்சிக்கு நீர் பிரியும் மாத்திரை எடுப்பவர்கள் தண்ணீரின் அளவையும் உப்பின் அளவையும் தங்கள் மருத்துவரிடம் கேட்டுக்கொள்ள வேண்டும். நெஞ்செரிச்சல் உள்ளவர்களுக்குப் புதினாவும் எலுமிச்சையும் அதைக் கூட்டலாம்.

இளைஞர்களுக்கு ஒரு வார்த்தை. மொஹிட்டோ கியூபாவில் ரம் கலந்து குடிக்கும் பானம், அந்த வழக்கம் இங்கேயும் சிலரிடம் வந்திருக்கிறது. மது, உடம்பில் நீரைத் தக்கவைக்கும் ஹார்மோனை அடக்கிச் சிறுநீரைப் பெருக்கும். வெயிலில் வியர்த்துக் களைத்த உடம்புக்கு அதைவிடக் கெடுதல் வேறில்லை. இனிப்பும் புதினாவும் மதுவின் நெடியை மறைப்பதால் எவ்வளவு குடித்தோம் என்பதே தெரியாது. இன்சுலினோ சர்க்கரை மாத்திரையோ எடுப்பவர் வெறும் வயிற்றில் குடித்தால் சர்க்கரை அபாயமாக இறங்கும். மது கலந்த ஜாடியும் கலக்காத ஜாடியும் ஒரே நிறத்தில் பக்கத்தில் இருக்கும்போது, தாகத்தில் ஓடிவரும் குழந்தைக்கு எது எது என்று தெரியாது. குழந்தைகள் இருக்கிற வீட்டில் இதை வைக்கவே வைக்காதீர்கள்.

புதினா வாயில் பட்டதும் குளிர்கிறதே, அது உடம்பின் சூடு தணிந்ததால் அல்ல. புதினா இனங்களில் வகைக்கு வகை கூடியும் குறைந்தும் இருக்கும் மென்தால், குளிர்ச்சியை உணரும் நரம்பு முனைகளைத் தூண்டுகிறது. மென்தாலைக் கொண்டு இந்த உணரியைக் கண்டறிந்த டேவிட் ஜூலியஸ், ஆர்டெம் பட்டாபூட்டியன் இருவருக்கும் உடலின் வெப்ப உணர்வு, தொடுவுணர்வு பற்றிய ஆய்வுகளுக்காக 2021-இல் மருத்துவ நோபல் பரிசு கிடைத்தது. தாகம் அடங்கியது போலத் தோன்றினாலும் உடம்புக்கு வேண்டிய தண்ணீர் இன்னும் போய்ச் சேர்ந்திருக்காது. சிறுநீர் அடர்மஞ்சளாகப் போகிறதா என்று பாருங்கள், நாக்கை நம்பாதீர்கள்.

வயிற்றுப்போக்கு இருந்தால் இந்தப் பானமே வேண்டாம், பழச்சர்க்கரை அதைக் கூட்டும். மருந்துக்கடையில் உலக சுகாதார நிறுவனக் கலவை என்று அச்சிட்ட ஓ.ஆர்.எஸ். பொட்டலம் வாங்குங்கள். அந்தக் கலவைக்குப் பொருந்தாத இனிப்புப் பானங்கள் ஓ.ஆர்.எஸ். என்ற பெயரைப் போடக் கூடாது என்று 2025 அக்டோபரில் உணவுப் பாதுகாப்பு ஆணையம் உத்தரவிட்டது. பொட்டலம் கிடைக்காவிட்டால் ஒரு லிட்டர் காய்ச்சி ஆறிய தண்ணீரில் தலைதட்டிய ஆறு தேக்கரண்டி சீனி, அரைத் தேக்கரண்டி உப்பு.

தேர் பார்க்க நின்றவரோ பந்தலில் வேலை செய்தவரோ உளற ஆரம்பித்தால், தள்ளாடினால், உடம்பு 104 டிகிரி ஃபாரன்ஹீட்டில் கொதித்தால் அது வெப்ப அதிர்ச்சி. 108-ஐக் கூப்பிடுங்கள். நிழலுக்குக் கொண்டுபோய், துணியைத் தளர்த்தி, உடம்பெல்லாம் தண்ணீர் ஊற்றி விசிறுங்கள். அந்த ஐஸ் பாரை உடைத்துத் துணியில் சுற்றி, கழுத்திலும் அக்குளிலும் தொடை இடுக்கிலும் வையுங்கள். அந்த நிலையில் வாயில் பானம் புகட்டினால் நுரையீரலுக்குள் போய்விடும். நினைவு தெளிந்து, டம்ளரைத் தன் கையால் பிடித்துக் குடிக்க முடிந்தால் மட்டும் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுங்கள்.