கால் ஒரு கடிகாரம், உடல் ஒரு கடிகாரம்

அக்கா மகன் விநாடிக்கு 144 முறை படத்தைப் புதுப்பிக்கும் 144 ஹெர்ட்ஸ் மானிட்டர் வாங்கிய மறுநாள் இரவு பதினொரு மணிக்குத் தொலைபேசியில் அழைத்தான். "சித்தி, கேம் கெட்டுப்போய்விட்டது. இதில் வரும் வீரனுடைய கால் மட்டும் தையல் மிஷின் ஊசி மாதிரி அடித்துக்கொள்கிறது. ஆள் என்னவோ எப்போதும் போலத்தான் போகிறான்" என்றான். அழைப்பதற்கு முன்பே விளையாட்டை நீக்கி மறுபடி நிறுவியிருந்தான், கிராஃபிக்ஸ் கார்டின் டிரைவரையும் புதுப்பித்திருந்தான். நிழல், புல், நீர் என்று கண்ணில் பட்ட எல்லா அமைப்புகளையும் ஒரு சுற்று ஏற்றி இறக்கிப் பார்த்துவிட்டான். கால் அடங்கவில்லை.

ஒரு சிறு காணொளி எடுத்து அனுப்பச் சொன்னேன். பழைய மானிட்டரில் அதே இடத்தை அந்த வீரன் கடந்த காணொளி ஒன்றும் அவனிடம் இருந்தது. இரண்டிலும் ஐந்து விநாடிகளுக்குக் காலடிகளை எண்ணினேன். பழையதில் பத்து, புதியதில் இருபத்து நான்கு. வீரன் கடந்த தூரமோ இரண்டிலும் ஒன்றுதான். பத்து, இருபத்து நான்காக மாறினால் 2.4 மடங்கு. பழைய மானிட்டர் 60 ஹெர்ட்ஸ்; 144-ஐ 60-ஆல் வகுத்தாலும் 2.4. நோய் என்னவென்று அப்போதே தெரிந்துவிட்டது.

திரையில் எதுவுமே உண்மையில் நகர்வதில்லை. விளையாட்டு ஒவ்வொரு முறையும் ஒரு புதுப் படத்தைக் கணக்கிட்டு வரைகிறது. அதைத்தான் ஃபிரேம் என்கிறோம். 60 ஹெர்ட்ஸ் மானிட்டரில் இரண்டு படங்களுக்கு இடையே 16.67 மில்லிவிநாடி, 144 ஹெர்ட்ஸில் 6.94. அந்த இடைவெளிக்குள் வீரன் எங்கே நிற்கிறான், அவனுடைய முழங்கால் எத்தனை பாகை மடங்கியிருக்கிறது, மேலங்கி எந்தப் பக்கம் பறக்கிறது என்று எல்லாவற்றையும் கணக்கிட்டாக வேண்டும். வீரன் இருக்கும் இடத்தை ஒரு கணக்கு சொல்கிறது, அவனுடைய கால் மடிப்பை வேறொரு கணக்கு சொல்கிறது. பார்ப்பவருக்கு ஒரே ஆளாகத் தெரிவது உள்ளே இரண்டு தனித்தனி வேலைகள். அவன் விளையாட்டில் இடம் பற்றிய கணக்கு உண்மையான நேரத்தைப் பார்த்து நடந்தது. கால் பற்றிய கணக்கோ ஃபிரேம்களை எண்ணி நடந்தது. எழுதிய காலத்தில் எல்லோர் வீட்டிலும் 60 ஹெர்ட்ஸ் திரைதான் என்பதால் இரண்டும் ஒத்துப்போயின, யாரும் கவனிக்கவில்லை.

நேரத்துக்குப் பதிலாக ஃபிரேமை எண்ணும் பழக்கம் வீடியோ கேம்களின் வயதுக்கு ஒத்தது. 1978-இல் ஜப்பானின் டைட்டோ நிறுவனத்தில் தொமோஹிரோ நிஷிகாடோ உருவாக்கிய ஸ்பேஸ் இன்வேடர்ஸில் வரிசைக்குப் பதினொன்றாக ஐந்து வரிசை, மொத்தம் 55 வேற்றுலகவாசிகள். அந்த இயந்திரத்தின் இன்டெல் 8080 செயலி ஒரு ஃபிரேமுக்கு ஒருவரைத்தான் நகர்த்தும். ஆகவே படை முழுவதும் ஓர் அடி நகர 55 ஃபிரேம்கள், ஏறக்குறைய ஒரு விநாடி. சுடச்சுட ஆட்கள் குறைகிறார்கள்; மிச்சமிருப்பவர்களின் முறை சீக்கிரம் வருகிறது; கடைசி ஆள் ஒவ்வொரு ஃபிரேமிலும் நகர்ந்து பாய்கிறான். வன்பொருளின் இயலாமையால் வந்த இந்த வேகத்தை நிஷிகாடோ அப்படியே விட்டுவைத்தார். விளையாட்டின் பதற்றமே அதுதான் ஆயிற்று.

எல்லாருக்கும் அந்த அதிர்ஷ்டம் வாய்க்கவில்லை. 1981-இல் வந்த ஐபிஎம் பிசி 4.77 மெகாஹெர்ட்ஸில் ஓடியது. அதற்கென்று எழுதிய பல விளையாட்டுகள் அடுத்தடுத்து வந்த வேகமான கணினிகளில் தலைதெறிக்க ஓடின. அதனால்தான் அந்தக் காலத்துப் பெட்டிகளில் 'டர்போ' என்றொரு பொத்தான் இருந்தது. வேகத்தைக் கூட்டத்தான் அது என்று பலர் நம்பினார்கள். உண்மையில் பழைய விளையாட்டுகளுக்காகக் கணினியை மட்டுப்படுத்துவதே அதன் பயன். பெயர் வைத்தவர் விற்பனைப் பிரிவுக்காரராகத்தான் இருக்க வேண்டும்.

மருந்து எளிமையானது. ஒவ்வொரு ஃபிரேமிலும், போன ஃபிரேமிலிருந்து எத்தனை மில்லிவிநாடி கழிந்தது என்று பார்த்து, வேகத்தை அந்த நேரத்தால் பெருக்கி நகர்த்த வேண்டும். விநாடிக்கு 1.4 மீட்டர் நடக்கும் ஒருவன் 60 ஃபிரேமில் ஒவ்வொரு படத்துக்கும் 2.3 சென்டிமீட்டர் நகர்வான். 144-இல் ஒரு சென்டிமீட்டருக்கும் சற்றுக் குறைவாக நகர்வான். விநாடி முடியும்போது இருவரும் ஒரே இடத்தில் நிற்பார்கள்.

நிற்பார்கள் என்று பாடப்புத்தகம் சொல்கிறது. 1999-இல் வந்த குவேக் 3 விளையாட்டில் நின்றார்களா என்று பார்ப்போம். அதில் ஈர்ப்பு விசை விநாடிக்கு 800 அலகு என்ற கணக்கில் வேகத்தைக் குறைக்கும். ஒவ்வொரு ஃபிரேமின் முடிவிலும் வேகம் அருகிலுள்ள முழு எண்ணுக்குத் திருத்தப்படும். விநாடிக்கு 125 ஃபிரேம் என்றால் ஒரு ஃபிரேமுக்கு 8 மில்லிவிநாடி. 800-ஐ 0.008-ஆல் பெருக்கினால் 6.4; திருத்தியபின் 6. அந்த 0.4 ஒவ்வொரு ஃபிரேமிலும் காணாமல் போகிறது. அந்தக் கணினியில் மட்டும் ஈர்ப்பு விசை 800-க்குப் பதில் 750 ஆகிவிடுகிறது. அங்கே தாவுகிறவன் மற்றவர்களைவிட உயரமாகத் தாவுகிறான். ஃபிரேமுக்கு 16 மில்லிவிநாடி எடுக்கும் கணினியிலோ 12.8 என்பது 13 ஆகிறது. ஈர்ப்பு விசை கூடுகிறது. ஆட்டக்காரர்கள் ஒரு கட்டத்தில் இதைக் கண்டுபிடித்தார்கள். ஃபிரேம் உச்சவரம்பை 125 என்று எழுதிவைப்பது அந்த விளையாட்டில் எழுதப்படாத சட்டமாயிற்று. பின்னர் எல்லோருக்கும் ஒரே கால அளவில் நகர்வைக் கணக்கிடும் ஓர் அமைப்பைச் சேர்த்தார்கள். அமைப்புகள் பட்டியலில் ஒரு வரி. அதற்குப் பின்னால் தசம எண் ஒன்றின் கதை.

2011-இல் வெளியான ஸ்கைரிம் வேறு வழியில் மாட்டிக்கொண்டது. பொருட்கள் விழுவதையும் மோதுவதையும் கணக்கிடும் பகுதி 60 ஃபிரேமை எதிர்பார்த்தது. அதைத் தாண்டி ஓடவிட்டால், கைதிகளை ஏற்றிக்கொண்டு வரும் தொடக்கக் காட்சியின் குதிரை வண்டி திமிறிக்கொண்டு துள்ளும். மேசைமீது இருந்த தட்டும் கோப்பையும் கதவைத் திறந்ததுமே சிதறும். விளையாட்டின் அமைப்புகளை எழுதிவைக்கும் ஐஎன்ஐ கோப்பில் 0.0166 என்றிருக்கும் கால அளவை 144 ஹெர்ட்ஸ்காரர்கள் 0.0069 என்று மாற்றி ஒப்பேற்றினார்கள். எங்கிருந்து வந்தன இந்த எண்கள் என்று இப்போது சொல்லத் தேவையில்லை. டார்க் சோல்ஸ் 2-இல் பாதிப்பு வாளுக்கு: 60 ஃபிரேமில் ஓடும்போது ஆயுதங்கள் 30 ஃபிரேமில் தேய்வதைப் போல இருமடங்கு தேய்ந்தன. 2015-இல்தான் அதைச் சரிசெய்தார்கள்.

நிரலாளர்கள் இன்று பரவலாகப் பின்பற்றும் முறை பால் அளப்பது போன்றது. கறந்த பால் ஒருநாள் கூடும், ஒருநாள் குறையும். ஊற்றுவது மட்டும் ஆழாக்குக் கணக்கில்தான். கணினி ஒவ்வொரு ஃபிரேமுக்கும் எடுத்துக்கொண்ட நேரம் ஒரு பாத்திரத்தில் சேர்கிறது. அதில் அறுபதில் ஒரு பங்கு விநாடி சேர்ந்ததும் உலகம் ஒரு படி முன்னே நகர்கிறது. ஆழாக்கு நிரம்பவில்லை என்றால் மிச்சம் பாத்திரத்திலேயே கிடக்கும், அடுத்த முறைக்கு உதவும். அந்த மிச்சத்தின் அளவைப் பார்த்து, போன நிலைக்கும் இந்த நிலைக்கும் நடுவே ஓர் இடத்தில் வீரனை வரைந்துவிடுவார்கள். மோதலும் ஈர்ப்பும் எல்லாக் கணினியிலும் ஒன்றாகின்றன. கண்ணுக்கு 144 படமும் கிடைக்கிறது. குறை ஒன்றுதான்: பார்ப்பது ஒரு படி பழைய உலகத்தை.

கடிகாரங்கள் எல்லாம் சரியாக இருந்தும் வீரன் பனிக்கட்டிமேல் போவது போல வழுக்கினால்? அது வேறு நோய். நடை அனிமேஷனை வரைந்தவர் விநாடிக்கு 1.4 மீட்டர் என்று வைத்துக் காலை அசைத்திருப்பார். விளையாட்டை வடிவமைத்தவருக்கு அது அலுப்பாகப் பட்டு, வேகத்தை 2 மீட்டராக்கியிருப்பார். ஊன்றிய பாதம் தரையில் விநாடிக்கு 60 சென்டிமீட்டர் இழுபடும். அனிமேஷனை 1.43 மடங்கு வேகமாக ஓட்டினால் பாதம் நிற்கும். ஆனால் இந்த வித்தைக்கு எல்லை உண்டு. நடையை இருமடங்காக்கினால் ஊமைப்படக் கோமாளிதான் கிடைப்பான். எனவே நடையும் ஓட்டமும் தனித்தனியே வரையப்பட்டு, நடுவே உள்ள வேகங்களுக்கு இரண்டும் கலக்கப்படுகின்றன. இந்தக் கலவையில் ஒரு குழி இருக்கிறது. நடையில் இடதுகால் முன்னே இருக்கும் கணத்தில் ஓட்டத்தில் வலதுகால் முன்னே இருந்தால், இரண்டின் சராசரி என்ன? இரண்டு கால்களும் ஒட்டி நிற்கும் ஓர் ஆள், அப்படியே மிதந்து போகிறான். இதைத் தவிர்க்க, இடதுபாதம் தரையைத் தொடும் கணம் இரண்டிலும் ஒன்றாக வரும்படி அனிமேஷன்களை நீட்டியும் சுருக்கியும் பொருத்துகிறார்கள். இதற்கு ஆட்டக்காரர் தொடக்கூடிய அமைப்பு எதுவும் கிடையாது. மெனுவைக் குடைந்து பயனில்லை.

தொடக்கூடியவற்றில் சில உண்டு. தொலைவில் நடப்பவர்கள் மட்டும் வெட்டி வெட்டி நடந்தால் கணினியைக் குறைசொல்ல வேண்டாம். கூட்டம் அதிகமான காட்சிகளில் தொலைவில் உள்ளவர்களின் எலும்புகளை, அதாவது உருவத்தை அசைக்கும் உள் சட்டகத்தை, இரண்டு அல்லது நான்கு ஃபிரேமுக்கு ஒருமுறைதான் பல விளையாட்டுகள் கணக்கிடுகின்றன. அனிமேஷன் தரம், கதாபாத்திர விவரம் என்ற பெயர்களில் இருக்கும் அமைப்பைக் கூட்டினால் அந்தத் தொலைவு தள்ளிப்போகும். ஒருவர் இரண்டு கைகளையும் விரித்துச் சிலுவைபோல நின்றால், அவருக்கான அனிமேஷன் கோப்பு வந்து சேரவில்லை என்று பொருள். தோலை எலும்புக்கூட்டில் பொருத்தும்போது பொம்மை நின்ற நிலை அது. ரசிகர்கள் செய்த கூடுதல் கோப்புகளைச் சேர்த்த பிறகு இப்படி ஆனால், கடைசியாகச் சேர்த்ததை முதலில் எடுத்துவிட்டுப் பார்க்க வேண்டும்.

பலரும் தவறாகப் புரிந்துகொள்வது வி-சிங்க், அதாவது மானிட்டர் புதுப்பிக்கும் கணத்தோடு படத்தை ஒத்துப்போகவைக்கும் அமைப்பு. 60 ஹெர்ட்ஸ் மானிட்டர் 16.67 மில்லிவிநாடிக்கு ஒரு பஸ் விடுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். படம் 17 மில்லிவிநாடியில் தயாரானால் பஸ் போய்விட்டது, அடுத்ததற்கு 33.3 வரை காத்திருக்க வேண்டும். வி-சிங்க்கின் பழைய வடிவில், காத்திருக்கும் நேரத்தில் கிராஃபிக்ஸ் கார்டு அடுத்த படத்தைத் தொடங்கவும் முடியாது. ஒரு மில்லிவிநாடியில் மூன்றில் ஒரு பங்கு தாமதம், 60-ஐ 30 ஆக்கிவிடுகிறது. நிழலை ஒரே ஒரு படி குறைத்ததும் ஆட்டம் சட்டென்று இருமடங்கு வழவழப்பாவது இதனால்தான். படம் வரும்வரை பஸ்ஸையே நிறுத்திவைக்கும் மானிட்டர்கள் இப்போது வந்துவிட்டன. மாறும் புதுப்பிப்பு வீதம் என்று பெட்டியில் அச்சிட்டிருப்பது அதைத்தான்.

அந்த இரவுக்கு வருகிறேன். கிராஃபிக்ஸ் கார்டின் அமைப்புப் பலகத்தில் அந்த விளையாட்டுக்கு மட்டும் 60 ஃபிரேம் உச்சவரம்பு போடச் சொன்னேன். போட்டான். கால் அடங்கியது, ஐந்து விநாடிக்குப் பத்துக் காலடி. நன்றி சொல்லி வைத்தவன் கால் மணிநேரத்தில் மறுபடி அழைத்தான். "சித்தி, கால் சரியாகிவிட்டது. ஆனால் கேமராவைத் திருப்பும்போது முழு உலகமும் லேசாகத் திக்குகிறது. பழைய மானிட்டரில்கூட இப்படி இல்லை."

இதை நான் முன்பே யோசித்திருக்க வேண்டும். அவன் மானிட்டர் பழைய வகை விலைமலிவு, படத்துக்காகக் காத்திருக்காது. 144 முறை புதுப்பிக்கும் திரையில் 60 படங்களைப் பங்கிட்டால் ஒரு படத்துக்கு 2.4 முறை. அரைகுறையாக ஒரு படத்தைக் காட்ட முடியாதே. ஆகவே ஒரு படம் இரண்டு முறை, அடுத்ததும் இரண்டு, பிறகு மூன்று, மறுபடி இரண்டு, மூன்று: ஐந்து படங்களுக்குப் பன்னிரண்டு. சில படங்கள் 14 மில்லிவிநாடி நிற்கின்றன, சில 21. காலை ஓடவைத்த அதே 2.4 இப்போது கண்ணைத் தடுக்கியது.

விண்டோஸின் திரை அமைப்புக்குப் போய் மானிட்டரை 144-லிருந்து 120-க்கு இறக்கச் சொன்னேன். 120-ஐ 60-ஆல் வகுத்தால் சரியாக இரண்டு.

மறுமுனையில் சற்று நேரம் மவுனம். "144-க்குத்தான் காசு கொடுத்தேன் சித்தி" என்றான். பிறகு கிளிக் சத்தம் கேட்டது.