ஏர்லி இன்டர்வென்ஷன்: தலையீடா, இடையீடா, துணையா?

மாற்றுத்திறன் கொண்ட குழந்தைகளின் பெற்றோருக்காக எழுதப்படும் கையேடுகளிலும், பயிற்சிக் குறிப்புகளிலும், தொண்டு நிறுவனங்களின் ஆண்டறிக்கைகளிலும் 'ஆரம்பகாலத் தலையீடு' என்ற தொடர் ஓயாமல் வந்துகொண்டிருக்கிறது. 'ஏர்லி இன்டர்வென்ஷன்' என்பதற்கு இதுவே நேரான தமிழ் என்ற எண்ணத்தில் ஒருவர் எழுதியதை மற்றவர் எடுத்தாண்டு, இப்போது அது கலைச்சொல் போலவே நிலைபெறப் பார்க்கிறது. ஆறு மாதமாகியும் குழந்தைக்குத் தலை நிற்கவில்லையே என்ற கவலையோடு மருத்துவமனைக்கு வரும் ஒரு தாயின் கையில், 'உங்கள் குழந்தைக்கு உடனடித் தலையீடு தேவை' என்று அச்சிட்ட தாளைக் கொடுத்தால் அவருக்கு என்ன விளங்கும்? தம் வீட்டுக்குள் யாரோ புகுந்து தம்மைக் கேட்காமல் எதையோ செய்யப் போகிறார்கள் என்றே விளங்கும். குடும்பத்துக்கு உதவ வந்த ஒரு துறை, வாசலிலேயே இப்படித் தன்னை அறிமுகப்படுத்திக்கொள்ளக் கூடாது என்பது என் உறுதியான கருத்து.

முதலில் பொருளைப் பார்ப்போம். பிறந்தது முதல் ஏறத்தாழ 6 வயது வரையுள்ள குழந்தைகளில் வளர்ச்சித் தாமதமோ குறைபாடோ இருப்பவர்களையும், அது வரக்கூடும் என்று கருதப்படுபவர்களையும் கூடிய விரைவில் கண்டறிந்து, குழந்தைக்கும் அதன் வீட்டாருக்கும் வேண்டிய உதவிகளைச் செய்வதுதான் இந்தப் பணி. இதில் காலம் முக்கியம். எடுத்துக்காட்டாக, செவித்திறன் குறைபாட்டில் 1 மாதத்துக்குள் பரிசோதனை, 3 மாதத்துக்குள் உறுதிப்பாடு, 6 மாதத்துக்குள் உதவி தொடங்குதல் என்பது பல நாடுகளில் ஏற்கப்பட்ட வரையறை. பேச்சைக் கேட்டுப் பழக வேண்டிய மாதங்கள் வீணாகிவிட்டால், பிறகு எத்தனை உழைத்தாலும் அந்த இழப்பை முழுமையாக ஈடுகட்டுவது கடினம். உடலியக்கப் பயிற்சியாளர், பேச்சுப் பயிற்சியாளர், சிறப்பாசிரியர், மருத்துவர், உளவியலாளர் எனப் பலர் இதில் பங்கு பெறுகிறார்கள். ஆனால் அவர்களில் ஒருவர் குழந்தையோடு செலவிடும் நேரம் வாரத்துக்கு ஒரு மணியோ இரண்டு மணியோதான். மீதி நேரமெல்லாம் குழந்தை வீட்டாரோடு இருக்கிறது. ஆகவே பாலூட்டும்போது எப்படிப் பிடிப்பது, குளிப்பாட்டும்போது எந்தக் கையை அசையவிடுவது, இடுப்பில் தூக்கும்போது கால்கள் பின்னிக்கொள்ளாமல் எப்படி வைத்துக்கொள்வது என்பனவற்றை வீட்டாருடன் சேர்ந்து கண்டுபிடிப்பதே பணியின் பெரும்பகுதி.

சொல்லின் வரலாறு சிறியது. இலத்தீனில் 'இன்டர்' என்றால் இடையில், 'வெனீரே' என்றால் வருதல். இடையில் வருதல் என்ற இந்தப் பொருளோடு அது பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்குச் சென்று, சட்டத்திலும் மருத்துவத்திலும் அரசியலிலும் வெவ்வேறு நிறம் பெற்றது. அமெரிக்காவில் 1986ஆம் ஆண்டுச் சட்டம் 3 வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கான பணிகளுக்கு 'ஏர்லி இன்டர்வென்ஷன்' என்ற பெயரை நிலைநிறுத்தியது. இந்தியாவில் 2013இல் தொடங்கிய தேசியச் சிறார் நலத் திட்டம் மாவட்டந்தோறும் இதற்கென ஒரு மையம் வேண்டும் என்றபோது, அதே பெயர் நம் அரசு மருத்துவமனைகளின் பெயர்ப்பலகைகளுக்கு வந்து சேர்ந்தது.

இனித் 'தலையீடு'. தலை, இடு என்ற இரண்டும் சேர்ந்த வினையிலிருந்து, கெடு என்பது கேடு ஆவது போல முதல் நீண்டு பிறந்த தொழிற்பெயர் இது. அமைப்பில் குறையில்லை; தூய தமிழ்ச் சொல் என்பதிலும் ஐயமில்லை. குறை பொருளில் இருக்கிறது. அரசியல் தலையீடு, வெளிநாட்டுத் தலையீடு, இராணுவத் தலையீடு, தேர்வில் அதிகாரிகளின் தலையீடு என்று நாள்தோறும் நாம் படிக்கும் இடங்களில் எல்லாம் அது வேண்டாத நுழைவையே குறிக்கிறது. 'எங்கள் குடும்ப விஷயத்தில் நீங்கள் தலையிடாதீர்கள்' என்பது தமிழ்நாட்டில் எந்த வீட்டிலும் கேட்கக்கூடிய வாக்கியம். குடும்பத்தோடு சேர்ந்து நடக்க வேண்டிய ஒரு பணிக்கு, குடும்பம் எதைச் செய்யாதே என்று பிறரிடம் சொல்கிறதோ அந்த வினையையே பெயராகச் சூட்டியிருக்கிறோம்.

தலையீட்டை ஆதரிப்பவர்கள் இதற்கு ஒரு மறுமொழி வைத்திருக்கிறார்கள். 'மாவட்ட ஆட்சியர் தலையிட்டுத் தீர்த்துவைத்தார்', 'ஊர்ப் பெரியவர்கள் தலையிட்டுச் சமரசம் செய்தார்கள்' என நல்ல பொருளிலும் சொல் வழங்குகிறதே என்பார்கள். அது உண்மை. ஆனால் அந்த நல்ல எடுத்துக்காட்டுகளைச் சற்று உற்றுப் பார்க்க வேண்டும். அங்கே ஒரு தகராறு இருக்கிறது. தகராறில் இருப்பவர்களுக்கு அதைத் தீர்க்கும் வலிமை இல்லை. அவர்களைவிட அதிகாரம் மிக்க ஒருவர் மேலிருந்து உள்ளே வருகிறார். அவர் சொல்வதே முடிவாகிறது. குழந்தையின் வளர்ச்சி தகராறு அல்ல. உடலியக்கப் பயிற்சியாளர் ஆட்சியரும் அல்லர். தாய் தகப்பனால் முடியாது என்ற முன்முடிவையும், வல்லுநர் சொல்வதே தீர்ப்பு என்ற எண்ணத்தையும் இந்தச் சொல் ஓசையின்றித் தன்னோடு கொண்டுவந்துவிடுகிறது. நல்ல பொருளில் வரும்போதுதான் அது எனக்குக் கூடுதல் கவலை தருகிறது; ஏனென்றால் கெட்ட பொருளை எல்லோரும் உடனே கண்டுகொள்வார்கள், இந்த மேலாதிக்கத்தை அப்படிக் கண்டுகொள்வதில்லை.

இலக்கணமும் இதையே சொல்கிறது. தலையிடுதல் என்ற வினை ஏழாம் வேற்றுமையை நாடுகிறது: குடும்பத்தில் தலையிடுதல், குழந்தையின் வளர்ச்சியில் தலையிடுதல். அந்த 'இல்' உருபு குடும்பத்தை வெறும் இடமாக, வேலை நடக்கும் களமாக மாற்றிவிடுகிறது. உதவுதல், துணைநிற்றல் என்ற வினைகளோ நான்காம் வேற்றுமையை நாடுகின்றன: குடும்பத்துக்கு உதவுதல், குழந்தைக்குத் துணைநிற்றல். நான்காம் வேற்றுமைக்கு நன்னூல் கூறும் பொருள்களுள் கொடையும் நேர்ச்சியும் பொருட்டும் உண்டு. நேர்ச்சி என்றால் நட்பு. ஒரு பணியின் பெயர் எந்த உருபை வேண்டுகிறது என்பதிலேயே அந்தப் பணியாளர் எங்கே நிற்கிறார் என்பது தெரிந்துவிடுகிறது.

ஆங்கிலத்தில் அப்படித்தானே இருக்கிறது, நாம் ஏன் மாற்ற வேண்டும் என்று கேட்கலாம். ஆங்கிலப் பெயர் எப்படி இருந்தாலும், அதன் கீழ் அவர்கள் வைத்திருக்கும் பொருள் வேறு. அமெரிக்கச் சட்டம் ஒவ்வொரு குழந்தைக்கும் எழுதச் சொல்லும் ஆவணத்தின் பெயரிலேயே குடும்பம் இருக்கிறது: 'தனிக் குடும்பச் சேவைத் திட்டம்'. அக்குடும்பத்திடம் உள்ள வசதிகள் என்ன, அவர்கள் எதை முதன்மையாகக் கருதுகிறார்கள், அவர்களுடைய கவலைகள் எவை என்பவற்றை அவர்கள் இசைவோடு அதில் எழுத வேண்டும். பெற்றோரின் எழுத்துவழி ஒப்புதல் இன்றி எந்தப் பணியையும் தொடங்கக் கூடாது. ஆறு மாதத்துக்கு ஒருமுறை திட்டத்தை அவர்களுடன் சேர்ந்து திரும்பிப் பார்க்க வேண்டும். ஒப்புதல் பெற்று, முன்னுரிமை கேட்டு, உடன் அமர்ந்து செய்யும் ஒன்றைத் தமிழில் யாரும் தலையீடு என்று சொல்ல மாட்டார்கள். சொல்லை மட்டும் பார்த்து மொழிபெயர்த்தவர்கள் சொல்லின் கீழிருந்த பொருளைத் திறந்து பார்க்கவில்லை.

'இடையீடு' என்ற மாற்று, அரசு மருத்துவமனைகளின் மாவட்ட மையங்களின் பெயரில் இடம்பெற்றிருக்கிறது. இலத்தீன் மூலத்தோடு உறுப்புக்கு உறுப்பு பொருந்துகிறது என்று இதைப் பாராட்டுவோர் உண்டு. ஆனால் வேர்ச்சொல்லை மொழிபெயர்ப்பது வேறு, சொல்லை மொழிபெயர்ப்பது வேறு. தமிழில் இடையீடு என்றால் இடையில் நேரும் தடை அல்லது முறிவு. 'இடையீடின்றி' என்றால் தடையின்றித் தொடர்ச்சியாக என்று பொருள். குழந்தைக்குப் பயிற்சி இடையீடின்றி நடக்க வேண்டும் என்று சொல்ல வேண்டிய இடத்தில், பயிற்சியின் பெயரே இடையீடாக இருந்தால் வாக்கியம் தன்னைத்தானே மறுத்துவிடும். தலையீட்டைப் போல இது அச்சுறுத்தவில்லை என்பது உண்மைதான். எதையும் தெரிவிக்கவும் இல்லை. அந்தப் பலகையைப் படிக்கும் பெற்றோர் எந்த அறைக்குள் போவது என்று காவலரைக் கேட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

மாற்றுத்திறனாளிகள் நலத்துறை வழங்கும் 'ஆரம்பநிலைப் பயிற்சி மையம்' இவை இரண்டையும்விட நல்லது, மக்களுக்குப் புரிகிறது. ஆயினும் பயிற்சி என்ற சொல் பணியைச் சுருக்கிவிடுகிறது. காதொலிக் கருவி வாங்கித் தருவதும், மாற்றுத்திறனாளிகளுக்கான தனித்துவ அடையாள அட்டைக்கு விண்ணப்பிக்க வழிகாட்டுவதும், தேசிய அறக்கட்டளையின் 1 லட்சம் ரூபாய் வரையிலான நிராமயா மருத்துவக் காப்பீட்டில் சேர்ப்பதும், மூத்த பிள்ளையின் ஏக்கத்தையும் மாமியாரின் குற்றச்சாட்டையும் தாய் மனம்விட்டுச் சொல்லும்போது பொறுமையாகக் கேட்பதும் பயிற்சி ஆகா. அவையும் இப்பணியின் பகுதிகளே. 'சிகிச்சை' என்று சொல்வோரும் உண்டு. அது குறைபாட்டை நோயாக்கி, குணமாகிவிடும் என்ற பொய்யான எதிர்பார்ப்பைத் தருவதால், அதை முற்றாகத் தவிர்க்க வேண்டும்.

நான் முன்வைக்கும் சொல் 'தொடக்கத் துணை'. தொடக்கப் பள்ளி என்ற தொடரை அறிந்த எவருக்கும் இதன் முதற்பகுதி விளங்கும். வாழ்வின் தொடக்கம், குறை தெரிந்தவுடனான தொடக்கம் ஆகிய இரண்டையும் அது குறிக்கும். துணை என்ற சொல்லின் பழமையைச் சொல்ல வேண்டியதில்லை. 'இல்வாழ்வான் என்பான் இயல்புடைய மூவர்க்கும் நல்லாற்றின் நின்ற துணை' என்று குறளின் இல்வாழ்க்கை அதிகாரம் தொடங்குகிறது. நான்காம் வேற்றுமையும், நிற்றல் என்ற வினையும், துணை என்ற பெயரும் அங்கே ஒருசேர அமைந்திருப்பதைக் காணலாம். துணை ஆட்சியர், துணைவேந்தர் என்பவற்றில் வரும் அடுத்தநிலைப் பொருள் குழப்பம் தராதா என்றால், அப்பொருளும் இங்கே பொருந்தவே செய்கிறது. முதலிடம் குடும்பத்துக்கு, வல்லுநர் அதற்கு அடுத்த இடத்தில் நிற்பவர்.

இது வெறும் விருப்பம் அல்ல, நல்ல பணி இப்படித்தான் நடக்கிறது. சென்னையில் 1969 முதல் இயங்கும் பால வித்யாலயா பள்ளி, செவித்திறன் குறைந்த மழலைகளின் தாய்மாரைக் கற்பித்தலில் பங்கேற்பவர்களாகவே நடத்தி வருகிறது. தென்காசி மாவட்டம் ஆய்க்குடியில் 1981இல் தொடங்கிய அமர் சேவா சங்கத்தின் பணியாளர்கள் சிற்றூர்களில் வீடு தேடிச் செல்கிறார்கள். சென்னையின் வித்யாசாகர் அமைப்பை 1985இல் நிறுவிய பூனம் நடராஜன், மாற்றுத்திறன் கொண்ட குழந்தையின் தாயாகவே இத்துறைக்கு வந்தவர். உலக வங்கி உதவியுடன் தமிழ்நாடு அரசு மாற்றுத்திறனாளிகளுக்காக நடத்தும் உரிமைகள் திட்டத்தின் சேவை மையங்களுக்கு 'விழுதுகள்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். ஆங்கிலத்தைப் பார்த்து எழுதாமல், செய்யும் வேலையைப் பார்த்துப் பெயர் வைத்தால் இப்படி ஒரு நல்ல சொல் கிடைக்கும் என்பதற்கு அதுவே சான்று.

மொழிபெயர்ப்பாளர்கள் மீது எனக்கு உள்ள மனக்குறை இந்த ஒரு சொல்லோடு நிற்பதில்லை. பெற்றோருக்கான கையேட்டில் பெற்றோரையே 'பங்குதாரர்கள்' என்று எழுதுகிறார்கள். தமிழில் அது வணிகத்தில் பங்கு வைத்திருப்பவரைக் குறிக்கும். பெற்ற தாயைப் 'பராமரிப்பாளர்' என்கிறார்கள். மூன்று பேருந்து மாறி, ஒரு நாள் கூலியை இழந்து மையத்துக்கு வர வேண்டியிருப்பதால் வாரம் தவறிய தந்தையைப் பற்றி, 'பெற்றோர் இணங்கவில்லை' என்று பதிவேட்டில் குறிக்கிறார்கள். தலையீடு, இணங்காமை ஆகிய இரண்டும் ஒரே பார்வையிலிருந்து பிறந்தவை. தலையிடுபவருக்கு மற்றவர் இணங்க வேண்டும். துணைநிற்பவரோ ஏன் வர முடியவில்லை என்று கேட்பார். அடுத்த முறை தாமே அந்த ஊருக்குப் போக வழியுண்டா என்று பார்ப்பார். அதுவும் முடியாவிட்டால் வீட்டில் செய்யக்கூடிய ஒன்றைத் தொலைபேசியிலாவது சொல்லித் தருவார்.

ஆகவே தொடக்கத் துணை மையம், தொடக்கத் துணைப் பணியாளர், குடும்பத் துணைத் திட்டம் என்று எழுதலாம். வினையாக வரும்போது துணைநில், துணைசெய் என்ற இரண்டுமே போதும். 'உங்கள் குழந்தைக்கு உடனடித் தலையீடு தேவை' என்ற வாக்கியத்தை, 'உங்கள் குழந்தையின் வளர்ச்சிக்கு இப்போதிருந்தே நாங்கள் உங்களுக்குத் துணைசெய்ய முடியும்' என்று மாற்றலாம். சற்று நீளமானாலும் யார் யாருக்கு என்ன செய்கிறார் என்பது அதில் இருக்கிறது. அடைபட்ட இதயக் குழாயைத் திறப்பது போன்ற மருத்துவச் செய்முறைகளுக்கு இடையீடு என்ற சொல் இருந்துவிட்டுப் போகட்டும். வழக்கு மன்றத்திலும் நாடுகளுக்கிடையிலான பூசல்களிலும் தலையீடு தன் பழைய பொருளிலேயே தொடரட்டும். அங்கே அந்தச் சொல் தேவைப்படுகிறது.