பொமலோவுக்கும் மாத்திரைக்கும் இடைவெளி விட்டால் போதாது

சீனப் புத்தாண்டின் ஆறாம் நாள். தசைவலிக்குத் தைலம் கேட்டு ஓர் அண்ணன் எங்கள் மருந்தகத்துக்கு வந்தார். அறுபதைத் தாண்டியவர், ஓய்வுபெற்ற லாரி ஓட்டுநர். தொடை இரண்டும் அடித்துப் போட்டதுபோல் வலிக்கிறது, படி ஏற முடியவில்லை என்றார். விருந்தாளிகளுக்கு நாற்காலி தூக்கிப் போட்டதில் பிடித்துக்கொண்டிருக்கும் என்று காரணத்தையும் அவரே சொல்லிவிட்டார். பாட்டிலை எடுத்துக்கொண்டே, சிறுநீர் எந்த நிறத்தில் போகிறது என்று கேட்டேன்.

"பால் ஊத்தாத கோப்பி ஓ மாதிரி இருக்கு தங்கச்சி. தண்ணி கம்மியா குடிச்சிட்டேன் போல."

பாட்டிலைத் திரும்ப அலமாரியில் வைத்துவிட்டேன். கொழுப்பைக் குறைக்கும் சிம்வாஸ்டாட்டின் 40 மில்லிகிராம், பல வருடங்களாக எந்தத் தொல்லையும் இல்லாமல் சாப்பிட்டு வருகிறவர். புதிதாக என்ன சாப்பிட்டீர்கள் என்று துருவியதில் பொமலோ, அதாவது பம்ப்ளிமாஸ், வெளியே வந்தது. பெருநாளுக்கு முந்தின வாரமே பக்கத்து வீட்டுச் சீனக் குடும்பம் தம்புன் பொமலோ ஆறு கொடுத்திருக்கிறது. அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் பாதிப் பழம். உடனே அவசரப் பிரிவுக்கு அனுப்பினேன். மருந்து அளவுக்கு மீறி ஏறியதில் தசை சிதைந்து அந்தக் கழிவு சிறுநீரகத்தை அடைக்கத் தொடங்கியிருந்தது. நான்கு நாள் டிரிப் ஏற்றி, நல்லபடியாக வீட்டுக்கு வந்துவிட்டார்.

பொமலோவால் மருந்தின் அளவு உடம்பில் எகிறிப்போய் நான் பார்த்த நான்காவது ஆள் இவர். நான்கு பேரும் சொன்னது ஒரே பதில். "பழம் அஞ்சு மணிக்கு, மாத்திரை ராத்திரி பத்து மணிக்கு. நடுவுல அஞ்சு மணி நேரம் விட்டேனே!"

இந்த இடைவெளிக் கணக்கை யார் சொல்லிக்கொடுத்தார்கள் என்று தெரியவில்லை. தயவுசெய்து இதை மட்டுமாவது பொறுமையாகப் படியுங்கள். பழமும் மாத்திரையும் வயிற்றுக்குள் ஒன்றையொன்று பார்த்துச் சண்டை போடுவதில்லை, இரண்டையும் பிரித்து வைத்தால் சரியாகிவிட. நம் குடல் சுவரில் சிஒய்பி3ஏ4 என்றொரு நொதி இருக்கிறது. விழுங்கும் மருந்தில் ஒரு பெரும் பங்கை அது உடைத்துவிடும். அது போக மிச்சம்தான் இரத்தத்தில் சேரும் என்று கணக்குப் போட்டுத்தான் மாத்திரையின் அளவையே வைக்கிறோம். பொமலோவில் இருக்கும் ஃபுரானோகூமரின்கள் என்ற வேதிப்பொருள்கள் அந்த நொதியை ஒரேயடியாகச் செயலிழக்க வைக்கின்றன. கொஞ்ச நேரம் தடுத்துவிட்டு விலகிப் போவதில்லை. குடல் புதிதாக நொதியைச் செய்துகொள்ள வேண்டும். முழுதாக மீள இரண்டு மூன்று நாள்கூட ஆகும். அப்படியிருக்க, காலையில் பழம் இரவில் மாத்திரை என்பதால் என்ன மிச்சம்? அந்த அண்ணன் தினமும் பாதிப் பழம் சாப்பிட்டார். நேற்றைய சேதம் ஆறுவதற்குள் இன்றையது. ஒரே மாத்திரைதான் விழுங்கினார், உடம்புக்குப் பல மாத்திரை போனதுபோல் ஆகிவிட்டது.

எங்கள் பக்கமும் குறை உண்டு. மருந்துச் சீட்டில் 'கிரேப்ஃப்ரூட் வேண்டாம்' என்றுதான் இருக்கும். 1989இல் கனடாவில் ஃபெலோடிபின் என்ற இரத்த அழுத்த மருந்தோடு மது சேர்ந்தால் என்ன ஆகும் என்று பார்த்தவர்கள், மதுவின் சுவையை மறைக்க கிரேப்ஃப்ரூட் சாற்றில் கலந்து கொடுத்தார்கள். இரத்தத்தில் மருந்து எதிர்பாராமல் ஏறியிருந்தது. அங்கே தொடங்கியதால் அந்தப் பெயரே நின்றுவிட்டது. மலேசியாவில், எங்கள் பேராக்கில் யார் கிரேப்ஃப்ரூட் சாப்பிடுகிறார்கள்? 'கிரேப்' என்று காதில் விழுந்ததும் திராட்சையை நிறுத்தியவர்கள் எத்தனையோ பேர். அந்தக் கிரேப்ஃப்ரூட்டே பொமலோவும் ஆரஞ்சும் கலந்து பிறந்ததுதான். நம்மூரில் லீமாவ் பாலி, தமிழ்நாட்டில் பம்ப்ளிமாஸ். பெயர் எதுவானாலும் பழம் ஒன்றுதான்.

சிம்வாஸ்டாட்டின், லோவாஸ்டாட்டின், அட்டோர்வாஸ்டாட்டின் சாப்பிடுகிறவர்கள், இரத்த அழுத்தத்துக்கு ஃபெலோடிபின், நிஃபெடிபின் சாப்பிடுகிறவர்கள், இதயத் துடிப்புக்கு அமியோடரோன் சாப்பிடுகிறவர்கள் பொமலோவைத் தொட வேண்டாம். சிறுநீரக மாற்று அறுவை முடிந்து டக்ரோலிமஸ், சைக்ளோஸ்போரின் எடுப்பவர்களுக்கு ஒரு சுளைகூடக் கூடாது. சீனப் புத்தாண்டு விருந்தில் வைக்கும் ஈ சாங் என்ற சாலட் தட்டில் உதிர்த்துப் போட்டிருப்பார்கள், அதையும் ஒதுக்குங்கள். தேன் பொமலோ டீ ஜாரும் இதில் சேர்த்திதான், தோலோடு போட்டுச் செய்வது. ரோசுவாஸ்டாட்டின், பிராவாஸ்டாட்டின் என்றால் இந்தத் தொல்லை கிடையாது. பழத்துக்காகப் பெருநாள் முடியும்வரை மாத்திரையை நிறுத்திக்கொள்கிறேன் என்று சிலர் கிளம்புகிறீர்கள், அது அதைவிட மோசம். வேண்டவே வேண்டாம்.

மாண்டரின் ஆரஞ்சுக்கு இதில் பங்கில்லை. என் எச்சரிக்கையைக் கேட்ட ஓர் அம்மா, வாசலில் சீனத் தோழி நீட்டிய இரண்டு ஆரஞ்சையும் கைகாட்டி மறுத்துவிட்டு வந்தார். எனக்கு மனசே ஆறவில்லை. கான்டனீஸில் ஆரஞ்சின் பெயரான 'காம்' தங்கத்தைக் குறிக்கும் சொல்போல் ஒலிக்கும். அதனால்தான் இரு கைகளிலும் ஏந்தி ஜோடியாகக் கொடுக்கிறார்கள். வாங்கிக்கொண்டு பதிலுக்கு ஒரு ஜோடி கொடுங்கள். பொமலோவின் 'யாவ்' அவர்கள் காதில் 'உண்டு' என்று விழும், வீட்டில் இல்லாமை வரக்கூடாதென்று பூசை மேடையில் வைக்கிறார்கள். வைத்திருப்பதாலோ, முதல் நாள் அதன் இலை போட்ட தண்ணீரில் குளிப்பதாலோ உங்கள் மாத்திரைக்கு ஒன்றும் ஆகாது. ஆபத்து தின்பதில் மட்டும்தான்.

டயாலிசிஸ் செய்பவர்களுக்கு மட்டும் கணக்கு வேறு. ஒரு முழுப் பொமலோவின் சதையில் 1,300 மில்லிகிராம் அளவுக்குப் பொட்டாசியம் இருக்கும். மாண்டரினும் நான்கைந்து உள்ளே போனால் கணிசமாகச் சேர்ந்துவிடும். ஒன்றோடு நிறுத்த முடியுமா என்று உங்கள் உணவு ஆலோசகரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

மாத்திரையின் பெயர் தெரியவில்லையா? பெட்டியோடு வாருங்கள், ஒரு நிமிட வேலை. காசு கிடையாது.

அண்ணன் போன வாரம் வந்தார். கொழுப்பு மாத்திரையை மருத்துவர் இப்போதைக்கு நிறுத்தி வைத்திருக்கிறார், நிஃபெடிபின் மட்டும் தொடர்கிறது. ஐந்து பழம் தீர்ந்து ஆறாவது இன்னும் வீட்டில் இருக்கிறதாம். தூக்கிப் போட மனசு வரவில்லை, கொடுத்தவர்கள் முகம் நினைவுக்கு வருகிறது என்றார். பேத்திக்கு உரித்துக் கொடுங்கள் அண்ணே, அவள் எந்த மாத்திரையும் சாப்பிடவில்லையே என்றேன்.