எண்களிலிருந்து பிறந்த எழுத்து: திவேஹி மொழியின் தானா

மாலத்தீவின் வரைபடத்தை வடக்கிலிருந்து தெற்காகப் படித்துக்கொண்டே வந்தால், பவளத்தீவுக் கூட்டங்களின் பெயர்கள் ஹா, ஷவியனி, நூனு, ரா, பா, ளவியனி, காஃபு என்று வரும். இவை ஊர்ப்பெயர்கள் அல்ல, எழுத்துகள். நிர்வாக வசதிக்காக ஒவ்வொரு கூட்டத்துக்கும் அரிச்சுவடியிலிருந்து ஓர் எழுத்தை வரிசையாகக் கொடுத்திருக்கிறார்கள். தலைநகர் மாலே இருப்பது காஃபுவில். தெற்குக் கோடியில் உள்ள அட்டுவுக்கு சீனு.

அந்த நாட்டின் மொழி திவேஹி, எழுத்து தானா. இந்தியாவில் லட்சத்தீவுகளைச் சேர்ந்த மினிக்காயிலும் இதே மொழிதான்; அங்கே அதை மஹல் என்கிறார்கள். சிங்களத்துக்கு நெருங்கிய உறவுமொழி. ஆனால் எழுத்து வலமிருந்து இடமாகப் போகும்.

ஹா, ஷவியனி, நூனு என்ற இந்த வரிசை எங்கிருந்து வந்தது? தமிழ், சிங்கள நெடுங்கணக்குபோல ஒலி பிறக்கும் இடத்தை வைத்து அடுக்கியதாகத் தெரியவில்லை. அரபியின் அலிஃப், பா வரிசையும் இல்லை. எழுத்துகளின் வடிவத்தைப் பார்த்தால்தான் விஷயம் பிடிபடும். முதல் ஒன்பது எழுத்துகள் அரபி எழுத்தோடு புழங்கும் எண்குறிகள்: ஹா என்பது 1, ஷவியனி 2, நூனு 3, இப்படியே போய் வாவு 9. அடுத்த ஒன்பதும் எண்கள்தான், ஆனால் உள்ளூரில் முன்பு புழங்கிய பழைய எண்கள். மீதமுள்ள ஆறு, பெரும்பாலும் வேற்றுமொழிச் சொற்களுக்காகப் பின்னால் சேர்ந்தவை. மொத்தம் 24. அரபி ஒலிகளுக்குப் புள்ளி வைத்த எழுத்துகள் தனிக் கணக்கு.

எண்ணை எடுத்து எழுத்தாக்க வேண்டிய அவசியம் என்ன? மந்திரம், தாயத்து எழுதுகிறவர்கள் பிறருக்குப் புரியாமலிருக்க எண்களைச் சங்கேதமாகப் பயன்படுத்தியிருக்கலாம் என்று ஆய்வாளர்கள் ஊகிக்கிறார்கள். ஊகம்தான், ஆனால் வேறு எந்த விளக்கமும் இந்த அளவுக்குப் பொருந்தவில்லை. தானா பரவியது 18ஆம் நூற்றாண்டு வாக்கில். அதற்கு முன்பு, இடமிருந்து வலமாக எழுதும் திவெஸ் அகுரு என்ற எழுத்து இருந்தது. அதன் மூத்த வடிவத்தை 12ஆம் நூற்றாண்டின் கடைசியில் வெட்டிய லோமாஃபானு செப்பேடுகளில் பார்க்கலாம். நாடு இஸ்லாத்துக்கு மாறியது 1153இல். ஒரே வரியில் அரபிச் சொற்களும் திவேஹியும் கலந்து வரும்போது, ஒன்று வலமாகவும் மற்றொன்று இடமாகவும் ஓடினால் எழுதுகிறவர் பாடு திண்டாட்டம். தானா அந்தத் தொல்லையைத் தீர்த்தது.

அதைவிட எனக்குப் பிடித்தது அதன் உயிர்க்குறி முறை. தமிழில் க என்று எழுதினாலே அகரம் உள்ளே இருக்கிறது. அரபியில் உயிர்க்குறி இல்லாமலே எழுதலாம். தானா இரண்டையும் ஏற்கவில்லை. ஒவ்வொரு மெய்யின் தலையிலோ காலடியிலோ ஒரு ஃபிலி, அதாவது உயிர்க்குறி, கட்டாயம் இருக்க வேண்டும். அகரத்துக்கும் குறி உண்டு. உயிர் இல்லையென்றால் சுகூன் என்ற சின்ன வட்டம், நம் புள்ளி மாதிரி. ஃபிலிகள் பத்து: அ, ஆ, இ, ஈ, உ, ஊ, எ, ஏ, ஒ, ஓ. நம் பன்னிரண்டிலிருந்து ஐ, ஔ இரண்டையும் எடுத்துவிட்டால் சரியாக இதுதான். குறில் எகர ஒகரத்துக்கு அரபியில் குறியே இல்லை, இங்கே உண்டு.

விதிவிலக்கு ஒன்றே ஒன்று. குறியே இல்லாமல் வெறுமனே நிற்கும் நூனு, அடுத்த எழுத்தின் மேல் லேசாக மூக்கொலியைப் பூசிவிட்டுப் போகும். மாம்பழத்துக்கான 'அம்பு' என்ற சொல்லில் வருவது அந்த அரைகுறை மகரம்தான்.

சுகூன் போட்ட எழுத்துகளில்தான் புதிதாகக் கற்பவர்கள் தடுமாறுவார்கள். புத்தகத்துக்கு 'ஃபொய்' என்பார்கள், எழுதும்போது 'ஃபொத்' என்று எழுதுவார்கள். தீவை 'ரஹ்' என்பதுபோலத் தொண்டையில் வெட்டி நிறுத்துவார்கள், எழுத்தில் 'ரஷ்'. பிழை ஒன்றுமில்லை. விகுதி சேர்த்துப் பாருங்கள்: 'ஒரு புத்தகம்' என்னும்போது த திரும்பி வந்து 'ஃபொதெ' ஆகும், 'தீவில்' என்னும்போது ஷ வந்து 'ரஷுகய்' ஆகும். சொல்லின் கடைசியில் தேய்ந்துபோன மெய், உயிர் வந்து ஒட்டியதும் தலைகாட்டுகிறது. எழுத்து அந்த மெய்யை விடாமல் பிடித்து வைத்திருப்பதால் வேற்றுமை உருபு சேர்ப்பது எளிதாகிறது. நான்காம் வேற்றுமையும் எழுத்தில் 'அஷ்', பேச்சில் 'அஹ்'. 'அஹரென் கெயஹ் தனீ': நான் வீட்டுக்குப் போகிறேன். எழுவாய், உருபு, கடைசியில் வினை என்று நம் வாக்கிய அமைப்பு அப்படியே இருக்கிறது. மரியாதைக்கு வினையே மாறும். எளியவர் போனால் 'தனீ', பெரிய இடத்தவர் போனால் 'வடய்கன்னவனீ'.

இன்னொரு வேடிக்கை பகரம். பழைய பகரமெல்லாம் திவேஹியில் ஃபகரமாகிவிட்டது. சிங்களத்துப் 'பொத' இங்கே 'ஃபொய்', வடமொழிப் 'பஞ்ச' இங்கே 'ஃபஸ்'. அதனால் பகரத்துக்கு எழுத்தே தேவைப்படவில்லை. பிறகு பெட்ரோல் மாதிரிச் சொற்கள் வந்தபோது எழுத்து வேண்டியிருந்தது. பவியனி வரிசையின் கடைசிப் பக்கம் உட்கார்ந்திருப்பது இதனால்தான். (காஃபு என்ற பெயரில் வல்லொலி ஒன்று, மெல்லொலி ஒன்று என இரண்டு எழுத்துகள் உண்டு. தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றுதான், மன்னிக்கவும்.)

1976இல் தானாவுக்கு ஓர் ஆபத்து வந்தது. அரசு அலுவலகங்களுக்கு டெலக்ஸ் இயந்திரம் வந்தது, அதில் தானாவை அடிக்க முடியாது. இப்ராஹிம் நாசிர் அரசு ரோமன் எழுத்து முறையைக் கொண்டுவந்தது. 1978இல் மௌமூன் அப்துல் கயூம் பதவிக்கு வந்தபின் தானா திரும்பியது. ஆனாலும் ஊர்ப்பெயர்களை ஆங்கிலத்தில் எழுத இன்றும் கைகொடுப்பது அந்த ரோமன் முறைதான். எல், எச் சேர்ந்து வந்தால் அது நம் ளகரம். சிங்களப் பேச்சில் லகரத்தோடு கலந்துபோன அந்த ஒலி திவேஹியில் இன்னும் தனியாக இருக்கிறது.

ணகரத்துக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. 1950களின் தொடக்கத்திலேயே அதை அரசு ஆவணங்களிலிருந்து நீக்கிவிட்டார்கள். தெற்குத் தீவுக்காரர்கள் தங்கள் வழக்கில் பாட்டு எழுதும்போதும், பழைய நூல்களை மறுபதிப்பு செய்யும்போதும் மட்டும் அது தேவைப்பட்டது. 1999இல் தானா யூனிகோடில் சேர்ந்தபோது ணகரம் அதில் இல்லை. 2002இல்தான் இடம் கிடைத்தது. திவெஸ் அகுருவுக்கு 2020இல்.